எஸ். ஆர். நாதன்

செல்லப்பன் ராமநாதன் (3 ஜூலை 1924 – 22 ஆகஸ்ட் 2016) சிங்கப்பூரின் ஆறாவது அதிபர். எஸ். ஆர். நாதன் என்றால்தான் எல்லாருக்கும் தெரியும். 1999 முதல் 2011 வரை 12 ஆண்டுகள் பதவியில் இருந்தார். அந்நாட்டில் வேறெந்த அதிபரும் அவ்வளவு காலம் நீடிக்கவில்லை. அதிபராவதற்கு முன் மருத்துவமனைச் சமூகப் பணியாளர், கடலோடிகள் நல அதிகாரி, தொழிற்சங்க ஆய்வாளர், வெளியுறவு அதிகாரி, நாளிதழ் நிறுவனத் தலைவர், கோலாலம்பூரிலும் வாஷிங்டனிலும் தூதர் எனப் பல வேலைகள் பார்த்தவர். இவற்றுக்கு நடுவே, 1971 முதல் 1979 வரை, சிங்கப்பூர்த் தற்காப்பு அமைச்சின் பாதுகாப்பு, வேவுப் பிரிவுக்கு இயக்குநராக இருந்தார். பொதுப்பதவிக்கு வந்த வேவுத் தலைவர்களின் வரிசையில் அவர் பெயரும் சேர்வது இதனால்தான்.

பிரிட்டனில் அந்த வரிசை நீளமானது. உள்நாட்டு உளவு அமைப்பான எம்.ஐ.5-இன் தலைமை இயக்குநராக 2002 முதல் 2007 வரை இருந்த எலைசா மானிங்காம்-புல்லர், ஓய்வுக்குப்பின் பிரபுக்கள் அவையில் இடம்பெற்றார். இம்பீரியல் கல்லூரியின் ஆட்சிக்குழுவுக்கும் பிறகு வெல்கம் அறக்கட்டளைக்கும் தலைமை தாங்கினார். அவருக்கு அடுத்து வந்த ஜோனத்தன் எவன்ஸ் பொதுவாழ்வின் ஒழுக்க நெறிகளைக் கண்காணிக்கும் குழுவின் தலைவரானார். இந்தியாவில் உளவுத்துறை இயக்குநராக இருந்த எம். கே. நாராயணன் தேசியப் பாதுகாப்பு ஆலோசகராகி, 2010இல் மேற்கு வங்க ஆளுநராகவும் அமர்ந்தார். இவர்கள் மூவருமே இளம் வயதிலேயே உளவு வேலைக்கு வந்து, அதன் படிகளில் ஏறித் தலைமைக்குச் சென்றவர்கள். நாதன் அப்படியல்ல. 47 வயதில், அரசுப்பணியின் வேறு துறைகளிலிருந்து அங்கே அனுப்பப்பட்டார்; எட்டாண்டு முடிவதற்குள் வெளியே வந்துவிட்டார். இன்னொரு வேறுபாடும் உண்டு. அவர் நடத்திய பிரிவு பெரும்பாலும் நாட்டுக்கு வெளியே நடப்பதைக் கவனித்தது. எம்.ஐ.5-க்கு நிகரான உள்நாட்டு வேலை, உள்துறை அமைச்சின் உள்நாட்டுப் பாதுகாப்புத் துறையிடம் இருந்தது.

மூவாரும் இளமையும்

பிறந்தது சிங்கப்பூரில், வளர்ந்தது ஜொகூர் மாநிலத்தின் மூவாரில். தந்தை செல்லப்பன், ஜொகூர் ரப்பர்த் தோட்டங்களின் சட்ட வேலைகளைக் கவனித்த வழக்கறிஞர் நிறுவனமொன்றில் கிராணி (எழுத்தர்). தாய் அபிராமி. கேரி தீவிலோ கிள்ளான் பக்கத்துத் தோட்டங்களிலோ கிராணி வீடுகளைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு அந்த வாழ்க்கையைப் பற்றி விளக்க வேண்டியதில்லை. பால்வெட்டுத் தொழிலாளியின் லயத்தைவிட ஒரு படி மேல், துரையின் பங்களாவுக்குப் பல படி கீழ். ரப்பர் விலை நன்றாக இருக்கும்வரை கௌரவமும் நிலைக்கும். 1930களின் தொடக்கத்தில் உலகப் பொருளாதார வீழ்ச்சியில் ரப்பர் விலை சரிந்தபோது செல்லப்பனின் கையிருப்பும் கரைந்தது. கடன் நெருக்கியதில் அவர் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். மகனுக்கு அப்போது எட்டு வயது.

தாயும் பிள்ளைகளும் சிங்கப்பூருக்கு உறவினர் ஆதரவில் திரும்பினார்கள். நாதன் பள்ளியிலிருந்து இருமுறை வெளியேற்றப்பட்டார். 16 வயதில் தாயோடு சண்டையிட்டு வீட்டைவிட்டு ஓடினார். ஜப்பானியர் ஆட்சியில் மீண்டும் மூவாரில் இருந்தார். அங்கே ஜப்பானிய மொழி கற்று, ஜப்பானியக் காவல்துறையில் மொழிபெயர்ப்பாளராக வேலை பார்த்தார். சயாம் மரண ரயிலுக்குத் தோட்டத்துத் தமிழர்களை ஆயிரக்கணக்கில் ஏற்றி அனுப்பிய காலம் அது. ஜப்பானியரிடம் சம்பளம் வாங்கியவர்களைச் சந்தேகத்தோடு பார்த்தவர்கள் பிற்பாடும் இருந்தார்கள். அவர் அந்த வேலையை மறைக்கவில்லை, தம் நினைவுக் குறிப்புகளில் எழுதியிருக்கிறார்.

பின்னாளில் மனைவியான ஊர்மிளா நந்தியை அவர் சந்தித்ததும் மூவாரில்தான். வங்காளிக் குடும்பத்துப் பெண். வீட்டார் சம்மதம் எளிதில் கிடைக்கவில்லை. 16 ஆண்டு காத்திருந்து 1958 நவம்பரில் மணம் செய்தார்கள். இதற்கிடையே வேலை பார்த்துக்கொண்டே விட்ட பள்ளிப்படிப்பை முடித்து, சிங்கப்பூரில் இயங்கிய மலாயாப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்து, 1954இல் சமூகக் கல்விப் பட்டயத்தைச் சிறப்புத் தேர்ச்சியுடன் பெற்றிருந்தார். பட்டயம் வாங்கியபோது வயது 30.

கடலோடிகளிடமிருந்து தொழிற்சங்கத்துக்கு

1955இல் அரசுப்பணி, பொது மருத்துவமனையில் சமூகப் பணியாளர். மறு ஆண்டே கடலோடிகள் நல அதிகாரியாக மாற்றப்பட்டார். கப்பல் வேலைக்கு ஆளெடுப்பதில் தரகர்கள் கமிஷன் பிடித்த காலம். வேலைக்குக் காத்திருக்கும் மாதங்களில் கடலோடி கடனில் மூழ்குவான். பலரிடம் அபின் பழக்கமும் இருந்தது. அவர்களுக்காகப் பேசும் வேலையில் நாதன் ஆறு ஆண்டு இருந்தார். 1962இல் தேசியத் தொழிற்சங்கக் காங்கிரஸின் தொழிலாளர் ஆய்வுப் பிரிவுக்கு அனுப்பப்பட்டார். ஆளும் மக்கள் செயல் கட்சி உடைந்து, தொழிற்சங்க இயக்கமும் இரண்டாகப் பிளந்திருந்த நேரம். இடதுசாரிச் சங்கங்களின் பக்கம் ஆள்பலம் கூடுதல். காங்கிரஸ் சங்கங்களோ சம்பள வழக்குகளில் கணக்கும் சான்றும் வைத்து வாதாடி உறுப்பினரைத் தக்கவைக்க வேண்டியிருந்தது. அந்தக் கணக்கையும் சான்றையும் தயாரித்துக் கொடுத்தது ஆய்வுப் பிரிவு. பின்னர் அதன் இயக்குநராகி, 1966 ஜனவரி வரை இருந்தார்.

அங்கே அவருடன் பணியாற்றியவர் தேவன் நாயர். மலாக்காவில் பிறந்த மலையாளி. ரப்பர்த் தோட்டக் கிராணியின் மகன். 1981இல் சிங்கப்பூரின் மூன்றாவது அதிபரானார். 1966 பிப்ரவரியில் நாதன் வெளியுறவு அமைச்சுக்கு மாறியபோது அமைச்சராக இருந்த எஸ். ராஜரத்தினம் யாழ்ப்பாணத்தில் பிறந்து, சிரம்பானில் வளர்ந்தவர். அவர் தந்தைக்கும் தோட்ட வேலைதான். சிங்கப்பூர் அரசைக் கட்டியவர்களில் எத்தனை பேர் மலாயா ரப்பர்த் தோட்டத்து வீடுகளிலிருந்து போனவர்கள் என்று யாராவது தனியாக எழுதலாம்.

வேவுப் பிரிவும் லாஜு கடத்தலும்

1971 தொடக்கத்தில் உள்துறை அமைச்சில் தற்காலிக நிரந்தரச் செயலாளரான நாதன், அதே ஆண்டு ஆகஸ்டில் தற்காப்பு அமைச்சின் பாதுகாப்பு, வேவுப் பிரிவுக்குப் பொறுப்பேற்றார். வியட்நாம் போர் முடிவை நெருங்கியது. பிரிட்டிஷ் படைகள் சிங்கப்பூரை விட்டு வெளியேறிக்கொண்டிருந்தன. தனி நாடாகி ஆறே ஆண்டு. பிரிவின் அன்றாட வேலை வெளியே வரவில்லை, வருவதற்குமில்லை. அந்த ஏழரை ஆண்டில் பொதுமக்கள் அவரைக் கண்ணால் பார்த்தது ஒரே ஒரு விவகாரத்தில்.

1974 ஜனவரி 31 அன்று நான்கு பேர் படகில் சிங்கப்பூரின் புக்கோம் தீவுக்கு வந்தார்கள். இருவர் ஜப்பானியச் செம்படையினர், இருவர் பாலஸ்தீன விடுதலைக்கான மக்கள் முன்னணியினர். ஷெல் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலையின் தொட்டிகளில் வெடிவைத்தார்கள். சேதம் பெரிதாக இல்லை. தப்பிக்க வழியின்றி ‘லாஜு’ என்ற ஃபெரி படகைக் கடத்தி, அதிலிருந்த ஐந்து ஊழியர்களைப் பிணை பிடித்தார்கள். கடற்படையும் கடலோரக் காவலும் படகை வளைத்துக்கொண்டன. பிணையாளிகள் இருவர் கடலில் குதித்துத் தப்பினர். பேச்சு நாட்கணக்கில் இழுத்தது. பிப்ரவரி 6 அன்று அதே முன்னணியைச் சேர்ந்த வேறொரு குழு குவைத்தில் ஜப்பானியத் தூதரகத்தைக் கைப்பற்றி, சிங்கப்பூரில் சிக்கிய நால்வரையும் விமானத்தில் அழைத்துவரச் சொன்னது. ஜப்பான் இறங்கிவந்து விமானம் அனுப்பியது.

நால்வரும் ஆயுதங்களை ஒப்படைத்து விமானம் ஏற வேண்டுமானால் அவர்களுக்கு உத்தரவாதம் வேண்டும். படகில் மிஞ்சிய பிணையாளிகளுக்குப் பதிலாக 13 சிங்கப்பூர் அதிகாரிகள் தாங்களே உடன் பறப்பது என்று முடிவானது. குழுவின் தலைவர் நாதன். பிப்ரவரி 8 அதிகாலை விமானம் கிளம்பியது. குவைத்தில் இறங்கியபின் சிக்கல் தீரவில்லை. சிங்கப்பூர்க் குழுவைப் போகவிடுவதா, தூதரகத்தைப் பிடித்தவர்களோடு சேர்த்து அதே விமானத்தில் மேலும் அனுப்புவதா என்ற இழுபறி நடந்தது. ஒருவருக்கும் காயமின்றி 13 பேரும் மறுநாள் நாடு திரும்பினார்கள். நாதனுக்குப் பின்னர் மெச்சத்தக்க சேவைப் பதக்கம் வழங்கப்பட்டது.

வேவுத் தலைவர் ஒருவர் தாமே பிணையாளியாக விமானம் ஏறுவது உளவுப் பாடநூல்களில் வராத முறை. நாட்டின் ரகசியங்களை மண்டையில் சுமப்பவரை எதிரியின் கைக்கு எட்டும் தூரத்தில் உட்கார வைப்பது ஆபத்து என்றுதான் எந்த அமைப்பும் கணக்குப் போடும். ஆனால் கோபத்தோடு வருபவனிடம் மணிக்கணக்கில் உட்கார்ந்து பேசுவது, வாக்குக் கொடுத்தால் அதற்குத் தானே பொறுப்பாக நிற்பது, இரண்டையும் அவர் வேவுப் பிரிவில் கற்கவில்லை. கடலோடிகளிடமும் சங்கக் கூட்டங்களிலும் பழகியிருந்தார். வேவு வேலை அவரைப் பொதுப்பணிக்குத் தயார் செய்தது என்பதைவிட, பொதுப்பணியே அவரை வேவு வேலைக்குத் தயார் செய்தது என்பதே பொருந்தும்.

அமைச்சு, நாளிதழ், தூதரகம்

1979 பிப்ரவரியில் வெளியுறவு அமைச்சின் முதன்மை நிரந்தரச் செயலாளராகத் திரும்பினார். வியட்நாம் படைகள் கம்போடியாவுக்குள் நுழைந்து சில வாரங்களே ஆகியிருந்தன. அந்தப் படையெடுப்பை ஐ.நா. ஏற்றுவிடாமல் தடுக்க ஆசியான் நாடுகள் நடத்திய முயற்சியில் சிங்கப்பூர் முன்னணியில் நின்றது. அமைச்சின் அலுவல் பக்கத்தை நாதன் பார்த்துக்கொண்டார்.

1982இல் ஸ்ட்ரெய்ட்ஸ் டைம்ஸ் அச்சக நிறுவனத்தின் நிர்வாகத் தலைவராக அவரை அமர்த்தியது வேறு வகைப் புயல். முந்தைய ஆண்டு ஆன்சன் இடைத்தேர்தலில் ஜே. பி. ஜெயரத்தினம் வென்று நாடாளுமன்றத்தில் ஆளும் கட்சியின் தனியாட்சியை உடைத்திருந்தார். அத்தேர்தல் செய்திகளை நாளிதழ் கையாண்ட விதம் அரசுக்குப் பிடிக்கவில்லை. பத்திரிகைக்கு முன்னாள் வேவுத் தலைவர் வருகிறார் என்றால் செய்தியாளர்கள் என்ன நினைப்பார்கள்? எதிர்ப்பு கடுமையாகவே இருந்தது. ஆசிரியர் நாற்காலியை அவர் பிடுங்கிக்கொள்ளவில்லை என்று பின்னாளில் பத்திரிகையாளர்களே சொன்னதுண்டு. ஆனாலும் அந்த நியமனமே ஓர் எச்சரிக்கை என்பதை மறுப்பதற்கில்லை. அவர் மென்மையானவர் என்பதால் எச்சரிக்கையின் பொருள் மாறிவிடாது. 1988 வரை அங்கே இருந்தார். அதே ஆண்டுகளில், 1983 முதல், இந்து அறக்கட்டளை வாரியத்தின் தலைவராகவும் இருந்தார்.

1988 ஏப்ரலில் மலேசியாவுக்கான தூதராகக் கோலாலம்பூர் வந்தார். இஸ்ரேலிய அதிபர் ஹெர்சோக் 1986 நவம்பரில் சிங்கப்பூருக்குச் சென்றதையொட்டி மலேசியாவில் எழுந்த கொந்தளிப்பின் கசப்பு அப்போதும் மாறவில்லை. மூவாரில் வளர்ந்து மலாய் பேசும் ஒருவரை அனுப்பியது நல்ல கணிப்பு. 1990இல் அவர் வாஷிங்டனுக்கு மாறிய சில மாதங்களில், நவம்பர் 27 அன்று, சிங்கப்பூரின் தஞ்சோங் பகாரிலிருந்து மலாயா ரயில்வே நிலையத்தை இடம் மாற்றுவது பற்றிய உடன்பாடு கையெழுத்தானது. கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸின் ரயில்வே குவார்ட்டர்ஸ் குடும்பங்கள் பல தலைமுறையாகப் போய்வந்த தடம் அது. உடன்பாட்டுக்கு இரு தரப்பும் வேறுவேறு விளக்கம் சொல்லி இழுத்தடித்ததில் கடைசி ரயில் தஞ்சோங் பகாரை விட்டது 2011 ஜூன் 30 அன்று. அப்போது நாதனின் அதிபர் தவணையில் இரண்டே மாதம் மிச்சம்.

வாஷிங்டனில் ஆறு ஆண்டு. 1994இல் கார்களைச் சேதப்படுத்திய அமெரிக்க இளைஞன் மைக்கேல் ஃபேவுக்கு ஆறு பிரம்படி விதிக்கப்பட்டபோது அமெரிக்க ஊடகங்கள் கொதித்தன. தொலைக்காட்சிகளில் தோன்றிச் சிங்கப்பூர்ச் சட்டத்துக்காக வாதாடும் பொறுப்பு நாதன் மீது விழுந்தது. அதிபர் கிளிண்டன் கேட்டுக்கொண்டதற்குப்பின் அடி நான்காகக் குறைந்தது, ரத்தாகவில்லை.

அதிபர் பதவி

1999இல் வேட்பாளராகத் தகுதிச் சான்றிதழ் அவர் ஒருவருக்கே கிடைத்தது. 2005இலும் அப்படியே. மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்பதற்காக 1991இல் அரசியலமைப்பைத் திருத்தி உருவாக்கிய பதவியில், ஒருமுறைகூட வாக்குச்சீட்டில் பெயர் வராமலே அவர் 12 ஆண்டு இருந்தார். இது அவர் மீதான முக்கியக் குறை. ஆனால் அந்தக் குறை தகுதிவிதிகளை எழுதியவர்களையே சேரும். முந்தைய அதிபர் ஓங் டெங் சியோங் நாட்டின் நிதியிருப்புக் கணக்கைக் கேட்டு அரசோடு வெளிப்படையாக மோதியவர், நாதன் மோதவில்லை. 2009 தொடக்கத்தில், உலக நிதி நெருக்கடியில் வேலைகளைக் காக்கவும் நிறுவனக் கடன்களுக்குத் துணை நிற்கவும் அந்த நிதியிருப்பிலிருந்து 490 கோடி வெள்ளி எடுக்க அனுமதி வழங்கினார். அதிபரின் ஒப்புதல் என்ற அந்த இரண்டாம் சாவியை ஓர் அதிபர் திருப்பியது அதுவே முதல்முறை. எடுத்த தொகையை அரசு 2011இல் திருப்பி வைத்தது.

2000இல் அவர் தொடங்கிய ‘அதிபர் சவால்’ நிதித்திரட்டு, ஆண்டுதோறும் பல தொண்டு அமைப்புகளுக்குப் பணம் திரட்டித் தந்து, அவருக்குப் பின்னும் தொடர்கிறது. இந்தியச் சமூகத்தின் கல்வி முன்னேற்றத்துக்காக 1991இல் அமைந்த சிண்டாவின் தொடக்கத்திலும் அவருக்குப் பங்குண்டு.

நூல்களும் இறுதிக்காலமும்

பதவியின் கடைசி ஆண்டுகளிலும் ஓய்விலும் நிறைய எழுதினார். தன்வரலாறு 2011இல் வந்தது. அதற்கு முன்னும் அதை ஒட்டியும் எழுதிய தனி நூல்கள் இரண்டு: ஒன்று உள்ளூர்க் கடலோடிகளின் துன்பங்கள் பற்றியது, மற்றொன்று தொழிலாளர் ஆய்வுப் பிரிவு பற்றியது. ஏழரை ஆண்டு நடத்திய வேவுப் பிரிவுக்கு அப்படியொரு தனி நூல் கிடைக்கவில்லை. சட்டம் தடுத்திருக்கும் என்பது ஒரு பக்கம். எதைப் பற்றி எழுத ஆசைப்பட்டார் என்பது இன்னொரு பக்கம்.

2016 ஜூலை 31 அன்று பக்கவாதம் தாக்கி, ஆகஸ்ட் 22 அன்று காலமானார். ஆகஸ்ட் 26 அன்று அரசு மரியாதையுடன் நடந்த இறுதிச் சடங்கில், அவருக்குப் பிடித்த ‘தஞ்சாவூரு மண்ணு எடுத்து’ பாடல் ஒலித்தது. சேரனின் ‘பொற்காலம்’ படப் பாட்டு, சீன, மலாய்த் தலைவர்கள் நிறைந்த அரங்கில். உடல் மண்டாயில் தகனம் செய்யப்பட்டது. சிங்கப்பூர்ச் சமூக அறிவியல் பல்கலைக்கழகத்தில் சமூகப் பணியாளர்களைப் பயிற்றுவிக்கும் மனித மேம்பாட்டுக் கல்விப் பிரிவு அவர் பெயரில் இயங்குகிறது.