குறுந்தகட்டின் மறுவரவும் தருமபுரி மாவட்டமும்

குறுந்தகடு என்பது ஒளிக்கதிரால் படிக்கப்படும், 12 செ.மீ. விட்டமுள்ள வட்டத் தகடு. பேச்சு வழக்கில் இது ‘சிடி’. இலங்கைத் தமிழர் ‘இறுவட்டு’ என்பர். பிலிப்ஸ், சோனி ஆகிய இரு நிறுவனங்களும் இணைந்து உருவாக்கிய இத்தகடு 1982 அக்டோபரில் ஜப்பானில் விற்பனைக்கு வந்தது. தொடக்கத்தில் ஒரு தகட்டில் 74 நிமிட இசை அடங்கியது.

அக்காலத்தில் தருமபுரி, அரூர், பாலக்கோடு, பென்னாகரம் பக்கம் பாட்டு என்றால் கேசட்தான். பிடித்த பாடல்களைத் தாளில் எழுதிக் கொடுத்தால் வெற்று கேசட்டில் பதிந்து தரும் ரெக்கார்டிங் கடைகள் தமிழகச் சிறுநகரங்கள் எங்கும் இருந்தன. அசல் குறுந்தகடும் அதை இயக்கும் கருவியும் எளிய குடும்பங்களுக்கு எட்டாத விலையில் இருந்தன.

2000ஆம் ஆண்டை ஒட்டிய காலத்தில் நிலை மாறியது. விலை குறைந்த விசிடி பிளேயர்கள் வீடுகளுக்கு வந்தன. கேசட் பதிந்த கடைகளே கணினி வாங்கி எம்பி3 சிடி எழுதித் தரலாயின. 700 மெகாபைட் தகட்டில் ஏறத்தாழ 150 பாடல்கள்! பேருந்துக்காரருக்கும் தேநீர்க் கடைக்காரருக்கும் இதைவிட வேறென்ன வேண்டும்? ஆனால் அசல் தகட்டில் நொடிக்கு 1,411 கிலோபிட் தரவு உள்ளது. வழக்கமான எம்பி3 கோப்பில் 128 கிலோபிட் மட்டுமே. பத்தில் ஒன்பது பங்குத் தரவு நீங்கிய பிரதியையே சிறுநகர மக்கள் ‘சிடி’ என்று அறிந்திருந்தனர். குறுந்தகட்டின் உண்மையான ஒலியைப் பலர் கேட்டதே இல்லை. பின்னர் மெமரி கார்டும், 2016க்குப் பின் மலிவான இணையமும் அதையும் ஓரங்கட்டின.

மறுவரவு வெளிநாட்டில் தொடங்கியது. அமெரிக்காவில் 2020இல் சுமார் 3.2 கோடியாக இருந்த குறுந்தகடு விற்பனை, 2021இல் சுமார் 4.7 கோடியாக உயர்ந்தது. 2004க்குப் பின் அதுவே முதல் ஏற்றம். அடுத்த ஆண்டே மீண்டும் 3.3 கோடி அளவுக்கு இறங்கியதையும் சேர்த்தே பார்க்க வேண்டும். தென்கொரியாவில் கதை வேறு. அங்கே 2023இல் 10 கோடிக்கும் மேற்பட்ட இசைத்தொகுப்புகள் தகடு முதலான பொருள் வடிவில் விற்றன. தகட்டுடன் வரும் கலைஞர் படங்களுக்காகவே வாங்கும் இளைஞர் அங்கு பலர்.

தமிழ்த் திரையிசை விரும்பும் இளைஞருக்குக் காரணங்கள் இன்னும் வலுவானவை. உரிமைச் சிக்கல் வந்தால் செயலியிலிருந்து பாடல் மறைந்துவிடலாம். கையில் உள்ள தகடு மறையாது. மறுவெளியீடுகளில் ஒலியளவைக் கூட்டி, மென்மைக்கும் உரப்புக்கும் உள்ள இடைவெளியை நெரித்துவிடுவதும் உண்டு. பாடலாசிரியர், பாடகர் பெயர்களும் உறைத் தாளில் கிடைக்கும்; செயலிகளில் இவை தவறாகவோ விடுபட்டோ இருப்பது சாதாரணம்.

இன்று புதிய தமிழ்ப் படப் பாடல்கள் தகடாக வருவது அரிது. ஆகவே தருமபுரி மாவட்டத்து மாணவர் ஒருவர் தேட வேண்டிய இடம் வீட்டுப் பரணும் பழைய பொருள் கடையும்தான். தகட்டின் அடிப்புறம் வெள்ளி நிறமாக இருந்தால் அது பெரும்பாலும் ஆலையில் அச்சானது. பச்சை, நீலச் சாயல் தெரிந்தால் கடையில் எழுதியது. பின்னதில் தரவு சாயப் படலத்தில் உள்ளதால், வெயிலும் வெப்பமும் பட்டால் விரைவில் கெடும். பரணில் கிடப்பவற்றுள் இவையே மிகுதியாக இருக்கும். ஊர்த் திருவிழா, பள்ளி விழா, பாட்டியின் குரல் என வேறெங்கும் பிரதி இல்லாத பதிவுகளும் இவற்றில்தான் இருக்கக்கூடும். புதிய மடிக்கணினிகளில் தகடு போடும் வசதி பெரும்பாலும் இல்லை. யூஎஸ்பியில் இணைக்கும் வெளிக்கருவி ஒன்று இருந்தால் அவற்றைப் படியெடுத்துவிடலாம்.