ஒரு பகலில் மூன்று எல்லைகள்

ஐரோப்பாவுக்குச் சுற்றுலாச் செல்வோர் ஒரே பகலில் மூன்று நான்கு நாடுகளைக் கண்டு திரும்புவது இன்று இயல்பாகிவிட்டது. பத்துப் பன்னிரண்டு பேர் ஒரு சிறு வண்டியில் அமர்வர். வழிகாட்டி ஒருவர் உடன் வருவார். காலையில் ஜெர்மனி, நண்பகலில் லக்சம்பர்க், மாலையில் பிரான்ஸ் அல்லது பெல்ஜியம் என்று அவர்கள் எல்லைகளைக் கடந்து செல்வர். மோசெல் ஆற்றங்கரையில், லக்சம்பர்க்கும் ஜெர்மனியும் பிரான்சும் சந்திக்கும் முனையில் ஷெங்கன் என்னும் சிற்றூர் உள்ளது. 1985ஆம் ஆண்டு ஜூன் 14ஆம் நாள், அவ்வூரையொட்டிய ஆற்றில் நின்ற ஒரு கப்பலில் ஐந்து நாடுகள் செய்துகொண்ட உடன்படிக்கையே இதற்கு வித்திட்டது. 1995இல் எல்லைச் சோதனைகள் நீக்கப்பட்டன. இரு பெரும் போர்களில் இலட்சக் கணக்கானோர் உயிர் கொடுத்துக் காத்த, உயிர் கொடுத்து மாற்றிய எல்லைகளை, இன்றைய பயணி கைப்பையைத் திறக்காமலே கடக்கிறான்.

இத்தகைய பயணத்துக்கு நாம் கடல் கடந்து செல்ல வேண்டியதில்லை. கெடா மாநிலத்துத் தோட்டப்புற மாணவர்க்கு அது வாயிலிலேயே இருக்கிறது. செபராங் பிறையின் வட எல்லையாகிய மூடா ஆற்றிலிருந்து சயாம் எல்லையிலுள்ள பாடாங் பெசார் வரை ஏறத்தாழ 150 கிலோமீட்டர்தான். இடையில் மூன்று எல்லைகள் குறுக்கிடுகின்றன: பினாங்கு மாநிலத்துக்கும் கெடாவுக்கும் இடையே ஒன்று, கெடாவுக்கும் பெர்லிசுக்கும் இடையே ஒன்று, மலேசியாவுக்கும் தாய்லாந்துக்கும் இடையே ஒன்று. இம்மூன்றின் இருபுறமும் உள்ள நிலம் 1786க்கு முன் ஒரே அரசுக்கு உரியதாக இருந்தது. அது கெடா அரசு. ஆகவே இங்கே மூன்று எல்லைகளைக் கடப்பவன் மூன்று அயல் நிலங்களைக் காண்பதில்லை. ஒரே நிலம் துண்டாடப்பட்ட கதையைக் காண்கிறான். அந்தக் கதையில் தமிழனுக்கும் பங்குண்டு என்பதே இக்கட்டுரை கூற வருவது.

முதல் எல்லை மூடா ஆறு. சயாமின் படையெடுப்பை அஞ்சிய சுல்தான் அப்துல்லா, ஆங்கிலேயரின் பாதுகாப்பை எதிர்பார்த்துப் பினாங்குத் தீவை விட்டுக்கொடுக்க முன்வந்தார். 1786ஆம் ஆண்டு ஆகஸ்டு 11ஆம் நாள் பிரான்சிஸ் லைட் அத்தீவில் கொடியேற்றினார். எதிர்பார்த்த பாதுகாப்போ கிட்டவில்லை. தீவை மீட்கச் சுல்தான் 1791இல் செய்த முயற்சியும் தோற்றது. ஆண்டுக்கு 6,000 ஸ்பானிய வெள்ளி பெறுவதென்று உடன்பட வேண்டியதாயிற்று. 1800இல் எதிர்க்கரை நிலமும் கைமாறியது. ஆண்டுத்தொகை 10,000 வெள்ளியாயிற்று. இவ்வாறு ஓர் ஆறு எல்லைக்கோடாக மாறியது.

அந்த ஆற்றின் இருகரையிலும் தமிழர் இருந்தனர். லைட் வருவதற்கு முன்பே கெடாத் துறைமுகத்தில் சூலியர் எனப்பட்ட தமிழ் முஸ்லிம் வணிகர் தொழில் நடத்தினர். பினாங்கு தோன்றியதும் அவர்களிற் பலர் அங்குக் குடியேறினர். பின்னர்ச் செபராங் பிறையின் கரும்புத் தோட்டங்களுக்குத் தமிழகத்திலிருந்து ஒப்பந்தக் கூலிகள் கொணரப்பட்டனர். கரும்பு சாய்ந்து ரப்பர் தழைத்த காலத்தில், பினாங்கில் கரையிறங்கிய தமிழர் மூடா ஆற்றைக் கடந்து கூலிம், சுங்கைப்பட்டாணி, பீடோங் வட்டாரத் தோட்டங்களை நிரப்பினர். 1910இல் ஒப்பந்த முறை முடிவுற்றது. கங்காணி முறை 1938 வரை நீடித்தது. இன்று பாலத்தின்மீது சில நொடிகளில் கடந்துவிடும் இவ்வாற்றை, தகரப்பெட்டியுடன் கடந்தவர்களின் பேரப்பிள்ளைகளே நம் வகுப்பறைகளில் அமர்ந்திருக்கின்றனர்.

ஆற்றைக் கடந்து வடக்கே செல்லுங்கால், 1,217 மீட்டர் உயர்ந்த குனோங் ஜெராய் மலை இடப்புறம் எழுகிறது. அதன் அடிவாரத்திலுள்ள பூஜாங் பள்ளத்தாக்கில் எல்லைகளை மறந்து சிறிது நேரம் நிற்பது நன்று. ஏனெனில் அங்குள்ள சின்னங்கள் எல்லைகளுக்கு முற்பட்டவை. பட்டினப்பாலை குறிப்பிடும் காழகம் என்பதற்குக் கடாரம் என்று நச்சினார்க்கினியர் உரை கூறினார். கடாரத்து மன்னன் எடுத்த நாகப்பட்டினத்துப் புத்த விகாரத்துக்கு முதலாம் இராசராசன் ஆனைமங்கலத்தைக் கொடையளித்ததை லெய்டன் செப்பேடுகள் தெரிவிக்கின்றன. அவன் மகன் இராசேந்திரனோ 1025ஆம் ஆண்டளவில் அதே கடாரத்தின்மீது கப்பற்படை செலுத்தினான். நட்பும் பகையுமாக விளங்கிய அந்தக் கடாரம் கெடாவே என்பது ஆய்வாளர் பலரும் ஏற்ற கருத்து.

1834இல் ஜேம்ஸ் லோ என்பார் கண்டெடுத்த புத்தகுப்தன் கல்வெட்டு இங்கு நினைக்கத்தக்கது. ஏறத்தாழ ஐந்தாம் நூற்றாண்டைச் சேர்ந்ததாகக் கருதப்படும் அக்கல்வெட்டு, மாநாவிகன் ஒருவன் தன் பயணம் இனிது முடிய வேண்டிப் பொறித்தது. அது கிடைத்த இடம் இன்றைய செபராங் பிறை. அவ்வாறு வேண்டிக்கொண்ட மாலுமிகள் நாடிய துறைகளும் கோயில்களும் பெரும்பாலும் இன்றைய கெடாவில் உள்ளன. கல்வெட்டு இருப்பதோ கல்கத்தா அருங்காட்சியகத்தில். ஒரே வரலாறு மூன்று ஆட்சிகளின் கையிற் பிரிந்து கிடப்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுமோ?

1936, 1937ஆம் ஆண்டுகளில் குவாரிச் வேல்ஸ் இணையர் இங்கு முப்பது இடங்களை ஆராய்ந்தனர். புக்கிட் பத்து பாகாட் கோயில் 1960ஆம் ஆண்டளவில் மீண்டும் அடுக்கி எழுப்பப்பட்டது. அதன் அருகே 1980இல் அருங்காட்சியகம் திறக்கப்பட்டது. எனினும், சுங்கை பத்துப் பகுதியில் தனியார் நிலத்திலிருந்த பதினோராம் எண் கோயில் மேம்பாட்டுப் பணிக்காக இடித்துத் தள்ளப்பட்ட செய்தி 2013இன் இறுதியில் வெளிவந்து நாட்டை அதிர வைத்தது. ஆயிரம் ஆண்டு மழையைத் தாங்கிய கல்லும் செங்கல்லும் மண்வாரி இயந்திரத்துக்குத் தாங்கவில்லை. பாதுகாப்பு என்பது சட்டத்தால் மட்டும் வருவதன்று; பக்கத்தில் வாழ்வோர் அறிந்து போற்றுவதாலும் வருவது.

இரண்டாம் எல்லை, அலோர்ஸ்டாரைத் தாண்டி நெல்வயல்களின் நடுவே வருகிறது. சாலையோரப் பலகை ஒன்றே அதனை அறிவிக்கிறது. காவலும் இல்லை, கதவும் இல்லை. ஆயினும் அக்கோடு கண்ணீரில் வரையப்பட்டதாகும். 1821இல் சயாமியப் படை கெடாவைக் கைப்பற்றியது. சுல்தான் அகமது தாஜுடின் பினாங்கில் அடைக்கலம் புகுந்தார். மக்கள் ஆயிரக்கணக்கில் மூடா ஆற்றைக் கடந்து செபராங் பிறைக்கு ஓடினர். இரு தலைமுறைக்குள் அதே ஆறு எல்லையாகவும் புகலிடத்தின் வாயிலாகவும் ஆயிற்று. 1842இல் சுல்தான் அரியணை மீண்டபோது அவர் பெற்றது முழு நாடன்று. பெர்லிசும் செத்துலும் குபாங் பாசுவும் பிரிக்கப்பட்டிருந்தன. குபாங் பாசு பின்னர்க் கெடாவுடன் இணைந்தது. பெர்லிஸ் தனி அரசாக நிலைத்தது.

மூன்றாம் எல்லையை வரைந்தவர்கள் இந்நிலத்தில் வாழ்ந்தவர்களே அல்லர். 1909ஆம் ஆண்டு மார்ச் 10ஆம் நாள் பாங்காக்கில் பிரிட்டனும் சயாமும் ஓர் உடன்படிக்கை செய்தன. கெடா, பெர்லிஸ், கிளந்தான், திரெங்கானு ஆகியவற்றின் மேலாதிக்கம் பிரிட்டனுக்கு மாறியது; செத்துல் சயாமிடமே நின்றது. கெடாச் சுல்தானைக் கலந்து கொள்ளாமலே கெடாவின் தலைவிதி எழுதப்பட்டது. 1918இல் இருப்புப்பாதை பாடாங் பெசாரை அடைந்து சயாம் பாதையுடன் இணைந்தது. இன்றும் அந்நிலையத்தினுள்ளேயே இரு நாட்டுக் குடிநுழைவு அலுவலர்களும் கடப்பிதழ்களைப் பார்வையிடுகின்றனர். சில அடி நடந்தால் கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னே திருப்ப வேண்டும்.

இந்நிலையத்தில்தான் தமிழ் மாணவன் நெடுநேரம் நிற்க வேண்டும். 1941 டிசம்பரில் ஜப்பானியப் படை இவ்வெல்லையை உடைத்து வந்தது. ஜித்ராவில் ஆங்கிலேயரின் அரண் ஓரிரு நாளிற் சரிந்தது. அடுத்த ஆண்டு சயாமையும் பர்மாவையும் இணைக்கும் 415 கிலோமீட்டர் இருப்புப்பாதையை ஜப்பானியர் தொடங்கினர். வேலைக்கு ஆள் வேண்டியிருந்தது. மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழர்கள் ஆசை காட்டியும் அச்சுறுத்தியும் திரட்டப்பட்டனர். சரக்கு வண்டிகளில் ஏற்றப்பட்டு, பாடாங் பெசார் வழியே வடக்கே கொண்டு செல்லப்பட்டனர். காட்டுக் காய்ச்சலும் வாந்திபேதியும் பசியும் அடியும் அவர்களைத் தின்றன. 1943 அக்டோபரில் பாதை முடிந்தது. மாண்ட போர்க்கைதிகள் 12,000க்கு மேல். மாண்ட ஆசியத் தொழிலாளர் 90,000 வரை இருக்கலாம் என்பர். முன்னவர்க்குக் காஞ்சனபுரியில் பெயர் பொறித்த கல்லறைகள் வரிசையாக நிற்கின்றன. பின்னவர்க்கு அத்தகைய வரிசை இல்லை. ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’, அ. ரெங்கசாமியின் ‘நினைவுச் சின்னம்’ ஆகிய நாவல்களே நம் மொழியில் அவர்களுக்கு எழுந்த நடுகற்கள் எனலாம்.

பாதை முடிந்த அதே மாதத்தில் கெடாவையும் பிற மூன்று மாநிலங்களையும் ஜப்பான் தாய்லாந்திடம் ஒப்படைத்தது. 1945 வரை எல்லைக்கோடு கெடாவின் தெற்கே மூடா ஆற்றுக்கே மீண்டும் இறங்கிற்று. லயத்தில் பால் வெட்டிய தமிழன் இடம் பெயராமலே, ஒரு தலைமுறைக்குள் பிரிட்டன், ஜப்பான், தாய்லாந்து என மூன்று கொடிகளின் கீழ் வாழ்ந்தான். எல்லை அவனைக் கேட்டு நகரவில்லை. அவனும் எல்லையை விரும்பிக் கடக்கவில்லை.

ஐரோப்பியப் பயணத்திலிருந்து நாம் கற்கத்தக்கது ஒன்றுண்டு. அங்கே எல்லைச் சோதனைகள் நீங்கின. போர்க் கல்லறைகளோ நீங்கவில்லை. எல்லையைத் தளர்த்தியவர்கள் நினைவைத் தளர்த்தவில்லை. இங்கே நிலை வேறு. மலேசியாவும் தாய்லாந்தும் 1967 முதல் ஆசியான் அமைப்பில் தோழமை நாடுகள். எல்லையில் வணிகம் செழிக்கிறது. விடுமுறை நாளில் பேருந்துகள் ஹாட்யாய்க்கு அணிவகுக்கின்றன. ஆனால் அப்பேருந்துகளில் அமர்ந்திருப்போருள் எத்தனை பேர், தம் முன்னோர் எவ்வண்டியில் இவ்வழி சென்றனர் என்று எண்ணிப் பார்க்கின்றனர்?

ஆதலின் தமிழ்ப்பள்ளி ஆசிரியர்கள் இப்பயணத்தை ஆண்டுக்கு ஒருமுறை மேற்கொள்ளலாம். கூட்டம் சிறிதாக இருத்தல் வேண்டும். பன்னிரண்டு பேர் என்றால் ஒவ்வொருவரும் வினவலாம், ஒவ்வொருவர்க்கும் விடை கூறலாம். கடப்பிதழ் இல்லாதோர் பாடாங் பெசார் நகரோடு நின்றாலும் பாடம் குறைவுறாது. ஒவ்வோர் எல்லையிலும் ஆசிரியர் மூன்று வினாக்களை எழுப்பட்டும்: இக்கோட்டை வரைந்தவர் யார்? அதற்கு விலை கொடுத்தவர் யார்? அவ்வேளையில் நம்மவர் எங்கே இருந்தனர்? புறப்படுமுன் மாணவர் தத்தம் வீட்டு முதியோரிடம் சயாமுக்குப் போனவர் பற்றி அறிந்ததைக் கேட்டு எழுதி வரட்டும். அங்குச் சென்று மீண்டவருள் இன்று இருப்போர் மிகச் சிலர். அவர்கள் சொல்லக் கேட்ட பிள்ளைகளும் முதுமை எய்திவிட்டனர்.

தோட்டங்கள் துண்டாடப்பட்டும் வீடமைப்புப் பகுதிகளாகியும் வருகின்றன. லயங்கள் மறைகின்றன. பதினோராம் எண் கோயில் மறைந்ததுபோல் மனித நினைவும் ஒருநாள் ஓசையின்றி மறையும். கல்லை இழந்தால் படம் பார்த்து ஓரளவேனும் மீண்டும் கட்டலாம். எழுதப்படாத நினைவை மீண்டும் கட்ட வழியில்லை. கெடாவின் மூன்று எல்லைகளும் நமக்கு ஒரு பகற்பொழுது தூரத்திலேயே உள்ளன. அவற்றின் கதையை அறிந்தோர் நம்மிடையே இருக்கும் காலமோ அதனினும் குறுகியது.