திராட்சைப் பாகு பிறந்த கதை

அனுப்பர்பாளையத்துக்காரர்களுக்குத் திராட்சைக் கொடி அவ்வளவு பழக்கமில்லை. ஆனால் திராட்சைப் பாகு பிறந்த கதையைச் சொன்னால் அவர்களுக்குத்தான் சட்டென்று விளங்கும். பாதி பழத்தின் கதை என்றால் மீதி பாத்திரத்தின் கதை அது.

திருப்பூரிலிருந்து அவிநாசி போகிற சாலையில், பனியன் கம்பெனிகளுக்கு நடுவே, செம்பும் பித்தளையும் தட்டிப் பிழைக்கும் பட்டறைகள் உள்ள ஊர் இது. அண்டா, குண்டா, தவலை, குடம், போசி என்று கொங்கு நாட்டுக் கல்யாணச் சீரில் அடுக்குகிற பாத்திரங்கள் பலவும் தலைமுறை தலைமுறையாக இங்கே உருவானவை. இந்த ஊர்ப் பாட்டிமார்கள் எல்லாருக்கும் தெரிந்த விதி ஒன்று உண்டு: ஈயப் பூச்சு போன பித்தளையில் புளிக்குழம்பு வைக்கக் கூடாது. வைத்தால் பச்சைக் களிம்பு ஏறும், குழம்பு காறும், சாப்பிட்டவருக்கு வயிற்றைப் புரட்டும்.

புளியில் இருக்கும் புளிப்பின் பெயர் டார்டாரிக் அமிலம். திராட்சையில் இருப்பதும் அதேதான். ஒயின் பீப்பாய்களின் உட்புறம் உப்புப்போலப் படிகிற படிகத்திலிருந்து 1769-ல் அதைப் பிரித்தெடுத்தவர் கார்ல் வில்ஹெல்ம் ஷீலே என்ற வேதியியலாளர். ஆக, புளிக்குழம்பால் நம் அடுப்படிக்கு வந்த சிக்கல், திராட்சைச் சாற்றால் மத்தியதரைக் கடலோரத்து அடுப்புகளுக்கு ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன்பே வந்துவிட்டது.

சாறு காத்திருக்காது

திராட்சையை நசுக்கினால் தோலும் கொட்டையும் சாறுமாகக் கிடைக்கும் கலவையை வணிகத்தில் ‘மஸ்ட்’ என்கிறார்கள். அதற்குப் பொறுமை கிடையாது. தோலில் ஒட்டியிருக்கும் ஈஸ்ட் சர்க்கரையைக் கண்டதும் வேலையைத் தொடங்கிவிடும். ஓரிரு நாளில் நுரை தள்ளும், இனிப்பு குறையும், சாராயம் ஏறும். ஒயின் வேண்டுகிறவருக்கு அது வரம். இனிப்பாகவே வைத்திருந்து அடுத்த ஊருக்கு விற்க நினைப்பவருக்கோ நட்டம்.

கரும்புச் சர்க்கரை வந்து சேராத காலத்து ஐரோப்பாவில் இனிப்புக்கு இரண்டே வழிகள்தான் பெரிதாக இருந்தன. ஒன்று தேன், மற்றொன்று திராட்சைச் சாற்றைக் காய்ச்சிய பாகு. சாற்றைப் பாதியாகவோ மூன்றில் ஒரு பங்காகவோ சுண்டவைத்தால் ஈஸ்ட் செத்துப்போகும். பாகின் அடர்த்தியில் புதிதாக எதுவும் முளைக்காது. பழத்தைக் கெடாமல் வைக்க அன்று தெரிந்த நல்ல வழி அது. ரோமானியர்கள் அதைச் ‘சாப்பா’ என்றும் ‘டெஃப்ருட்டும்’ என்றும் அழைத்தார்கள். குழம்பிலும் பழ ஊறலிலும் ஒயினிலுமே கலந்தார்கள்.

எதில் காய்ச்சுவது என்பதில்தான் வினை வந்தது. கி.மு. இரண்டாம் நூற்றாண்டில் வேளாண்மை நூல் எழுதிய கேட்டோ, செம்புப் பாத்திரமானாலும் சரி, காரீயப் பாத்திரமானாலும் சரி என்று விட்டுவிட்டார். கி.பி. முதல் நூற்றாண்டில் கொலுமெல்லா என்ற இன்னொரு வேளாண் நூலாசிரியர் ஒரு படி மேலே போனார். செம்பு சார்ந்த பாத்திரம் கொதிக்கும்போது களிம்பு விட்டுச் சுவையைக் கெடுக்கிறது, ஆகவே காரீயமே மேல் என்று எழுதினார். அவர் கண்டது தப்பில்லை. நம் பாட்டிமார்கள் கண்ட அதே களிம்புதான். அதற்கு அவர் சொன்ன மாற்றுதான் விஷம்.

காரீயம் அமிலத்தோடு சேர்ந்தால் காறுவதில்லை, இனிக்கும். செம்பு தன் தப்பைக் கசப்பாகக் காட்டிக்கொடுத்துவிடுகிறது. காரீயமோ அதை இனிப்பில் மறைத்துவிடுகிறது. வாழ்க்கை முழுக்க அந்தப் பாகைச் சாப்பிட்ட பணக்கார ரோமானியர்களின் நரம்பும் மூளையும் கெட்டுப்போயின என்று 1983-ல் ஜெரோம் நிரியாகு என்ற ஆய்வாளர் வாதிட்டார். பேரரசு சரிந்ததற்கே அது ஒரு காரணம் என்ற அவர் வாதத்தை வரலாற்றாசிரியர்கள் பலர் ஏற்கவில்லை. பாகில் காரீயம் இறங்கியது என்பதில் மட்டும் யாருக்கும் சந்தேகமில்லை.

பழக்கம் சீக்கிரம் விடவில்லை. புளித்த ஒயினை இனிப்பாக்க காரீயப் பொடி கலக்கும் வழக்கம் பதினேழாம் நூற்றாண்டிலும் ஜெர்மனியில் இருந்தது. கடும் வயிற்றுவலியோடு வந்த நோயாளிகளை ஆராய்ந்து, அந்த ஒயின்தான் காரணம் என்று 1690-களில் கண்டு சொன்னவர் உல்ம் நகரத்து மருத்துவர் எபர்ஹார்ட் கோக்கல்.

வெள்ளீயம் வந்தது

சரியான விடை ரோமானியர் காலத்திலேயே பக்கத்தில் கிடந்தது. இன்றைய பிரான்ஸ் பகுதியில் வாழ்ந்த காலியர்கள் செம்புப் பாத்திரத்தின் மேல் வெள்ளீயம் பூசுவதில் கைதேர்ந்தவர்கள் என்றும், பூசிய பாத்திரத்தை வெள்ளியிலிருந்து பிரித்துச் சொல்வதே கடினம் என்றும் ரோமானிய எழுத்தாளர் பிளினி எழுதியிருக்கிறார். செம்பின் சூடு கடத்தும் குணம் வெளியே, வெள்ளீயத்தின் சாதுவான குணம் உள்ளே. திராட்சைப் பாகுக்கு உகந்த கொப்பரை அதுதான்.

அந்தக் கொப்பரையை நெடுங்காலம் பயன்படுத்தியவர்கள் துருக்கியர்கள். அவர்களுடைய ‘பெக்மெஸ்’ என்ற திராட்சைப் பாகு ஈயம் பூசிய செம்புக் கொப்பரையில் காய்ச்சப்பட்டு வந்தது. அவர்கள் இன்னொரு சூட்சுமமும் கண்டார்கள். காய்ச்சுமுன் சாற்றில் சுண்ணாம்புச் சத்துள்ள வெள்ளை மண்ணைக் கலப்பார்கள். புளிப்பு அந்த மண்ணோடு சேர்ந்து அடியில் படியும். மேலே தெளிகிற சாற்றை வடித்துக் காய்ச்சினால் பாகு தித்திக்கும், பாத்திரமும் பிழைக்கும். பாத்திரத்தை அமிலத்திலிருந்து காப்பது ஒரு வழி என்றால், சாற்றிலிருந்தே அமிலத்தை எடுத்துவிடுவது மறு வழி.

அங்கே ஈயம் பூசுகிறவரின் வேலையை அனுப்பர்பாளையத்தில் ஒருவர் பார்த்தால் அந்நியமாகத் தோன்றாது. பாத்திரத்தைக் கரி நெருப்பில் காட்டி, நவச்சாரத்தைத் தூவி, வெள்ளைப் புகை எழும்போது ஈயக் கட்டியைத் தேய்த்து, பஞ்சால் ஒரே சுழற்றில் உள்ளெங்கும் பரப்புவதுதான் இரு ஊரிலும் முறை. நவச்சாரம் செம்பின் மேலுள்ள துருவைத் தின்றுவிடும். அப்போதுதான் ஈயம் பிடிக்கும். வெள்ளீயம் 232 டிகிரி செல்சியஸிலேயே உருகிவிடும். அதனால்தான் வெறும் பாத்திரத்தை அடுப்பில் வைக்காதே என்கிறார்கள். உள்ளே தண்ணீரோ சாறோ இருக்கும்வரை சூடு அந்த எல்லையைத் தொடாது. மலிவுக்காக வெள்ளீயத்தில் காரீயம் கலந்து பூசினால் கொலுமெல்லாவின் தவறு நம் ரசத்திலும் வந்து உட்காரும். ஈயச் சொம்பு வாங்குகிறவர்கள் இதைக் கேட்டு வாங்க வேண்டும்.

கொப்பரையிலிருந்து கப்பலுக்கு

ஈயம் பூசிய கொப்பரைப் பாகு நல்ல பாகுதான். ஆனாலும் அது பெரும்பாலும் ஊர்ச் சந்தையைத் தாண்டவில்லை. திறந்த நெருப்பில் காய்ந்த பாகு கறுக்கும், வெல்லப்பாகின் வாசம் ஏறும், பழத்தின் மணம் போய்விடும். அந்த நிறத்தையும் வாசத்தையும் விரும்பி வாங்குகிறவர்கள் இத்தாலியின் மோதெனாக்காரர்கள். காய்ச்சிய சாற்றை மரப் பீப்பாய்களில் குறைந்தது 12 ஆண்டுகள் மாற்றி மாற்றி வைத்துப் பாரம்பரியப் பால்சாமிக் வினிகர் செய்வது அவர்கள் வழக்கம். மற்றவர்களுக்கு வேண்டியதோ நிறமும் மணமும் மாறாத, எதில் கலந்தாலும் தலைகாட்டாத இனிப்பு.

அதற்கு வழி திறந்தது ஒரு சர்க்கரை ஆலைப் பாத்திரம். 1813-ல் இங்கிலாந்தில் எட்வர்ட் சார்லஸ் ஹோவர்ட் மூடிய பாத்திரத்துக்குள் காற்றை உறிஞ்சி எடுத்துவிட்டுச் சர்க்கரைக் கரைசலைக் காய்ச்சும் முறைக்குக் காப்புரிமை பெற்றார். காற்றழுத்தம் குறைந்தால் நீர் குறைந்த சூட்டிலேயே கொதிக்கும், பாகு கருகாது. 1860-களில் லூயி பாஸ்டர் சூடுபடுத்தி நுண்ணுயிரை அடக்கும் முறையைக் காட்டினார். அதைப் பிடித்துக்கொண்டு 1869-ல் அமெரிக்காவின் நியூஜெர்சியில் தாமஸ் வெல்ச் என்ற பல் மருத்துவர், மதுவிலக்குக் கொள்கை கொண்ட தன் திருச்சபையின் வழிபாட்டுக்காகப் புளிக்காத திராட்சைச் சாற்றைப் பாட்டிலில் அடைத்தார்.

கடைசிக் கண்ணி உலோகம். 1912, 1913-ல் ஜெர்மனியின் குருப் ஆலையிலும் இங்கிலாந்தின் ஷெஃபீல்டிலும் துருப்பிடிக்காத எஃகு உருவானது. நாம் எவர்சில்வர் என்று சொல்லும் அதுதான். புளிப்பு, உப்பு, சூடு எதற்கும் அது எளிதில் மசியாது. ஈயம் பூச ஆள் தேட வேண்டியதில்லை. பிரான்சின் புகழ்பெற்ற ஒயின் பண்ணைகளான ஓ-பிரியோனும் லதூரும் 1961-லும் 1964-லும் எஃகுத் தொட்டிகளுக்கு மாறின. நம் சமையலறைகளில் பித்தளையை எவர்சில்வர் தள்ளியதும் அதே இருபதாம் நூற்றாண்டில்தான். பித்தளைப் பட்டறைக்கு அது அடியாக விழுந்தது. எவர்சில்வருக்கு மாறிக்கொண்ட பட்டறைகள் தாக்குப்பிடித்தன.

இன்றைய சந்தை

இப்படித்தான் திராட்சைச் சாறு உலகச் சரக்கானது. வெற்றிடத்தில் சுண்டவைத்த சாற்றில் நூற்றுக்கு 65 முதல் 70 பங்கு வரை சர்க்கரைதான். 20 பங்கு சர்க்கரையுள்ள சாற்றை 68 பங்குக்குக் கொண்டுவர ஏறக்குறைய 3.4 கிலோ சாறு 1 கிலோ பாகாகிறது. மீதித் தண்ணீருக்குக் கப்பல் கூலி கொடுக்க வேண்டாம். அது 200 லிட்டர் பீப்பாய்களிலோ, 20 அடி கண்டெய்னருக்குள் விரித்த ஒரே பெரிய பையிலோ பயணிக்கிறது. திருப்பூர்ப் பனியன்களைத் தூத்துக்குடிக்கு ஏற்றிப்போகிற அதே வகைக் கண்டெய்னர்தான்.

விற்பவர்களில் முன்னணியில் இருப்பவை அர்ஜென்டினா, ஸ்பெயின், இத்தாலி. வாங்குகிறவர்கள் இரு வகை. பழச்சாறு, ஜாம், மிட்டாய் கம்பெனிகள் ஒரு வகை. அவர்களுக்குத் திராட்சைப் பாகும் சீனா, போலந்து நாடுகளின் ஆப்பிள் பாகும் ஏறக்குறைய ஒன்றுதான். ஒன்று விலை ஏறினால் மற்றதற்குத் தாவிவிடுவார்கள். இரண்டாவது வகை ஒயின் தயாரிப்பாளர்கள். வெயில் போதாமல் சர்க்கரை குறைந்த ஆண்டில் சாற்றுக்கு இனிப்பேற்ற வேண்டும். இத்தாலியில் அதற்குக் கரும்புச் சர்க்கரைக்கு அனுமதியில்லை. திராட்சைப் பாகுதான் சேர்க்கலாம். பாகைப் பயன்படுத்துவோருக்கு ஐரோப்பிய ஒன்றியம் நெடுங்காலம் உதவித்தொகை கொடுத்துவந்தது. 2008-ல் வந்த சீர்திருத்தத்தால் 2012-ல் அது நின்றது. இப்போது பருவமே வெப்பமாகி வருவதால் பழம் முன்னைவிட இனிப்பாகவே பழுக்கிறது. அந்தத் தேவை மெலிகிறது.

மறுபக்கம் ஒயின் குடிப்பதும் குறைகிறது. பன்னாட்டுத் திராட்சை ஒயின் அமைப்பின் கணக்குப்படி 2024-ல் உலக ஒயின் நுகர்வு 1961-க்குப் பிறகு மிகக் குறைந்த அளவைத் தொட்டது. குடிக்க ஆள் குறைந்தாலும் கொடி காய்க்கத்தான் செய்யும். அந்தப் பழம் எங்கே போவது? இதற்கு அர்ஜென்டினா 1994-லேயே விடை கண்டது. மெந்தோசா, சான் உவான் ஆகிய இரு மாகாணங்களும் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டு, அறுவடையில் ஒரு குறிப்பிட்ட பங்கு ஒயினுக்குப் போகாமல் பாகுக்கோ வேறு பயனுக்கோ போக வேண்டும் என்று வகுத்தன. நோக்கம் பாகில் கொழிப்பது இல்லை; ஒயின் தேங்கி விலை விழாமல் தாங்குவது. அங்கே பாகு ஆலை விலைக்கு முட்டாக நின்றது.

நம் பக்கத்துத் திராட்சை

தமிழ்நாட்டில் இந்தக் கதைக்குப் பொருத்தமான பழம் கம்பம் பள்ளத்தாக்கின் பன்னீர் திராட்சை. 2023-ல் புவிசார் குறியீடு பெற்றது. உலகம் அதை மஸ்கட் ஹாம்பர்க் என்று அறியும். பத்தொன்பதாம் நூற்றாண்டு இங்கிலாந்துக் கண்ணாடிக் கூடத்தில் பேர்பெற்ற ரகம் அது. மணமும் சாறும் நிறைய உண்டு, கொட்டையும் உண்டு. பழம் மிருது, நெடுநாள் தாங்காது. மேசையில் வைத்துத் தின்பதற்கு இவை குறைகள். பிழிவதற்கு இவற்றில் ஒன்றும் குறையில்லை.

இன்னொரு சாதகமும் உண்டு. ஐரோப்பாவில் அறுவடை ஆண்டுக்கு ஒருமுறை, சில வாரங்களுக்குத்தான். மற்ற மாதங்களில் பிழியும் எந்திரங்கள் சும்மா கிடக்கும். கம்பத்தில் ஏதாவது ஒரு தோட்டத்தில் ஆண்டு முழுக்க வெட்டு நடக்கிறது. இருந்தும் அந்தப் பழம் பெரும்பாலும் பழமாகவே தமிழ்நாட்டுக்கும் கேரளத்துக்கும் போகிறது. வரத்து பெருகி மழையும் சேர்ந்தால் விலை சரிகிறது. கேட்ட விலைக்குக் கொடுப்பதைத் தவிர விவசாயிக்கு வழியில்லை, ஏனென்றால் பழம் காத்திருக்காது.

அதே தமிழ்நாட்டில் கிருஷ்ணகிரிக்காரர்கள் மாம்பழத்தைக் கூழாக்கி, பீப்பாய்களில் அடைத்து, வெளிநாட்டுக்கு அனுப்பிக்கொண்டிருக்கிறார்கள். தொழில்நுட்பம் தூரத்தில் இல்லை. நல்ல விலை கிடைக்கிற நாளில் எந்த விவசாயியும் திராட்சையைப் பாகுக்குக் கொடுக்க மாட்டார், கொடுக்கவும் வேண்டியதில்லை. பாகு ஆலையின் வேலை விலை விழுகிற நாளில்தான். இவ்வளவுக்குக் கீழே போனால் பிழிந்துவிடுவேன் என்று விவசாயி சொல்ல முடிந்தாலே வியாபாரியின் பேச்சு மாறும்.

ரோமானியருக்கும் துருக்கியருக்கும் மெந்தோசாவுக்கும் நடந்ததில் பொதுவாக இருப்பது இதுதான்: பழம் எங்கே விளைந்தாலும், அதைக் காத்திருக்க வைக்கும் பாத்திரம் யாரிடம் இருந்ததோ அவரே விலை சொன்னார். செம்புக்கு ஈயம் பூசி, ஈயத்தை விட்டு எவர்சில்வருக்குப் போன அனுப்பர்பாளையத்துப் பட்டறைக்காரரிடம் இதைச் சொன்னால், இது என்னங்க புதுசா என்றுதான் கேட்பார். கம்பத்து விவசாயிக்கு அந்தப் பாத்திரம் இன்னும் கைக்கு வரவில்லை.