கடன் பத்திரமும் உண்டியலும்: அடூர், ஜான் ஆபிரகாம்

1984இல் கேரளத்தில் இரண்டு காரியங்கள் நடந்தன. அடூர் கோபாலகிருஷ்ணனின் 'முகாமுகம்' வெளிவந்தது. ஒரு பொதுவுடைமைத் தலைவனின் சரிவைச் சொன்ன அந்தப் படத்துக்குப் பணம் போட்டவர் கொல்லத்து முந்திரி ஏற்றுமதியாளர் ரவீந்திரநாதன் நாயர். அதே ஆண்டில் ஜான் ஆபிரகாமும் அவருடைய நண்பர்களும் 'ஒடேஸா' என்றொரு கூட்டமைப்பைத் தொடங்கினார்கள். ஊர் ஊராகப் போய் மக்களிடமே காசு திரட்டி, அதில் படம் எடுத்து, அதை அந்த மக்களிடமே கொண்டுபோய்க் காட்டுவது என்பது அவர்களுடைய திட்டம். பெயர், ஐசன்ஸ்டைனின் 'போட்டம்கின்' படத்தில் வரும் ஒடேஸா படிக்கட்டிலிருந்து எடுத்தது.

இந்த இருவரைப் பற்றியும் தமிழில் நிறையவே எழுதியிருக்கிறோம். அடூர் என்றால் நுணுக்கமான கலைஞர், ஜான் என்றால் கட்டுக்கடங்காத நாடோடி. ஜானைப் பற்றிய பேச்சில் பாதி அவருடைய குடியையும் தாடியையும் சுற்றியே போய்விடுகிறது. எனக்கு இதில் வருத்தம் உண்டு. இரண்டு பேருமே தயாரிப்பு என்ற வேலையைப் புதிதாக யோசித்தவர்கள். பெரிய முதலாளியின் தயவோ நட்சத்திரத்தின் தேதியோ இல்லாமல் ஒரு படத்தை எப்படி நடத்திக் கரைசேர்ப்பது என்ற கேள்விக்கு இரண்டு வேறு விடைகளைச் செய்து காட்டியவர்கள். அவர்கள் படங்களின் அழகைப் பேசுவதற்கு முன்னால், அந்தப் படங்களுக்குப் பணம் எந்த வழியில் வந்தது என்று பார்ப்பது நல்லது. படங்களின் குணத்திலேயே அந்த வழி தெரிகிறது.

இருவரின் தொடக்கமும் ஏறக்குறைய ஒன்றுதான். அடூர் 1941இல் பிறந்தவர், கதகளியை ஆதரித்த குடும்பம். பட்டம் பெற்றது திண்டுக்கல் பக்கத்துக் காந்திகிராமத்தில்; பொருளாதாரம், அரசியல், பொது நிர்வாகம் படித்தார். பிறகு அரசாங்கத்தின் புள்ளிவிவரக் கணக்கெடுப்பில் வேலை. அதை 1962இல் விட்டுவிட்டுப் புனே திரைப்படக் கல்லூரிக்குப் போனார். ஜான் 1937இல் பிறந்த குட்டநாட்டுக்காரர், எல்.ஐ.சி.யில் வேலை பார்த்தவர். அவரும் மாதச் சம்பளத்தை உதறிவிட்டுப் புனேக்குப் போனார். அங்கே ரித்விக் கட்டக்கின் மாணவரானார், மணி கௌலின் 'உஸ்கி ரோட்டி'யில் உதவியாளராக இருந்தார். நிரந்தர வேலையை விட்டு வந்தவர்கள் என்பதைத் தியாகக் கதையாகச் சொல்ல நான் வரவில்லை. கணக்கெழுதும் உலகத்தை உள்ளேயிருந்து பார்த்தவர்கள் என்பதற்காகச் சொல்கிறேன். ஒருவர் அந்த உலகத்தின் முறைகளைத் தன் சினிமாவுக்குள் கொண்டுவந்தார். மற்றவர் அதிலிருந்து முழுக்க வெளியேறப் பார்த்தார்.

அடூர் புனேயிலிருந்து திரும்பியதும் படம் எடுக்க ஓடவில்லை. 1965இல் திருவனந்தபுரத்தில் குளத்தூர் பாஸ்கரன் நாயர் முதலிய நண்பர்களோடு 'சித்ரலேகா' திரைப்படச் சங்கத்தைத் தொடங்கினார். மலையாள சினிமா அப்போது பெரும்பாலும் நம் கோடம்பாக்கத்தில்தான் தயாரானது. பாட்டு, செட்டு, ஆறு வாரப் படப்பிடிப்பு என்று எல்லாமே சென்னை வழக்கம். அந்த வழக்கத்துக்கு வெளியே ஒரு படம் வந்தால் பார்க்க ஆள் வேண்டுமே! அந்த ஆட்களை உருவாக்கும் வேலையைச் சங்கம் செய்தது. கூடவே அதே பெயரில் ஒரு கூட்டுறவு அமைப்பு பிறந்தது. பங்குதாரர், பதிவு, கணக்கு, தணிக்கை எல்லாம் உண்டு. அது ஆவணப்படங்கள் எடுத்துக் கொஞ்சம் பணம் சேர்த்தது. பின்னாளில் ஆக்குளத்தில் தனக்கென்று ஒரு ஸ்டுடியோவும் கட்டிக்கொண்டது.

முதல் படமான 'சுயம்வரம்' வந்தது 1972இல்தான். சங்கம் தொடங்கி ஏழு ஆண்டுகள். மத்திய அரசின் திரைப்பட நிதிக் கழகம் ஒன்றரை லட்சம் ரூபாய் கடன் கொடுத்தது, மீதியைக் கூட்டுறவு போட்டது. முதலில் படம் ஓடவில்லை. சிறந்த படம், இயக்கம், நடிகை, ஒளிப்பதிவு என்று நான்கு தேசிய விருதுகள் கிடைத்த பிறகு மறுபடி திரையிட்டபோதுதான் கூட்டம் வந்தது, கடனும் அடைந்தது. இந்தக் கடைசிச் செய்தியை யாரும் பெரிதாகச் சொல்வதில்லை. என்னைக் கேட்டால் அடூரின் வாழ்க்கையிலேயே முக்கியமான செய்தி அதுதான். வாங்கிய கடனைத் திருப்பிக் கட்டியவரிடம்தான் அடுத்த ஆள் பணத்தை நம்பிக் கொடுப்பார். அந்த நம்பிக்கையை அவர் அரை நூற்றாண்டு காப்பாற்றினார்.

ஜானின் முதல் படமும் 1972தான்: 'வித்யார்த்திகளே இதிலே இதிலே'. வழக்கமான தயாரிப்பாளரின் பணத்தில் வழக்கமான முறையில் எடுத்த படம். அது அவருக்கு ஒத்துவரவில்லை. ஐந்து ஆண்டுகள் கழித்து 'அக்ரகாரத்தில் கழுதை'யை எடுக்க அவர் தமிழுக்கு வந்தார். திரைக்கதை வெங்கட் சாமிநாதன். பேராசிரியர் நாராயணசாமியாக நடித்தவர் எம்.பி. சீனிவாசன். ஒரு கழுதைக்குட்டியை அக்ரகாரத்து வீட்டில் வளர்க்கப்போய், ஊர் அதைக் கொன்று, பிறகு அதற்கே கோயில் கட்ட நினைக்கும் கதை. தமிழில் சிறந்த படம் என்ற தேசிய விருது கிடைத்தது. தமிழ்நாட்டுத் திரையரங்குகளில் அது பரவலாக ஓடவில்லை. தொலைக்காட்சியில் காட்டுவதாக அறிவித்துவிட்டு எதிர்ப்புக்குப் பயந்து தூர்தர்ஷன் பின்வாங்கியது. விருது வாங்கிய ஒரு தமிழ்ப்படத்தைத் தமிழர்கள் பார்க்க வழியில்லாமல் போனது நமக்குப் பெருமை தரும் சேதி அல்ல.

எம்.பி. சீனிவாசனைப் பற்றி இங்கே ஒரு வார்த்தை சொல்லாமல் போக மனமில்லை. சென்னையில் திரை இசைக் கலைஞர்களைச் சங்கமாகத் திரட்டியவர், சேர்ந்திசையை ஒரு இயக்கமாக வளர்த்தவர். 'சுயம்வர'த்துக்கும் 'எலிப்பத்தாய'த்துக்கும் இசை அவர்தான். ஜானின் முதல் படத்துக்கும் அவர்தான். எதிரெதிர் முகாம்களில் வைத்து நாம் பேசும் இருவர் வீட்டுக்கும் ஒரே ஆள் போய்வந்திருக்கிறார். இருவரையும் பகையாளிகளாக்கி எழுதுகிறவர்கள் இதை யோசிக்க வேண்டும்.

'கழுதை' ஜானுக்குக் கற்றுக்கொடுத்த பாடம் தெளிவானது. படத்தை எடுத்துவிடலாம், காட்டுகிற கதவு வேறொருவன் கையில் இருந்தால் எடுத்தும் பயனில்லை. குட்டநாட்டு நிலவுடைமையாளன் ஒருவனின் அச்சத்தைச் சொல்லும் 'செறியாச்சன்டெ குரூரகிருத்யங்கள்' 1979இல் வந்தது. நடிகர் அடூர் பாசி அதில் செறியாச்சன். இரண்டே ஆண்டில் அடூரின் 'எலிப்பத்தாயம்'. அதிலும் இடிந்துவரும் தறவாட்டு வீட்டுக்குள் பயந்து சுருங்கும் ஒரு மனிதன்தான். நிலம் கைவிட்டுப் போகும் வர்க்கத்தின் நடுக்கத்தை இருவருமே பார்த்திருக்கிறார்கள். ஆனால் 'எலிப்பத்தாயம்' லண்டனுக்குப் போய் 1982இல் பிரிட்டிஷ் திரைப்படக் கழகத்தின் சதர்லாந்து விருதை வாங்கிவந்தது. ஜானின் படம் கேரளத்தைத் தாண்டி அதிகம் பேசப்படவில்லை. படங்களின் தரத்தில் இருந்த இடைவெளி மட்டும் இதற்குக் காரணம் என்று நான் நினைக்கவில்லை. ஒரு படம் முடிந்தபின் அதைக் கைப்பிடித்து அழைத்துப்போக ஆள் வேண்டும். அடூருக்கு ரவீந்திரநாதன் நாயர் இருந்தார். இன்னொரு மலையாள இயக்குநரான அரவிந்தனின் 'காஞ்சன சீதா', 'தம்பு' முதலியவற்றையும் தயாரித்தவர் அவர். படப்பிடிப்பில் தலையிடாத முதலாளி என்று பெயர் பெற்றவர். 'எலிப்பத்தாயம்', 'முகாமுகம்', 'அனந்தரம்', 'விதேயன்' நான்கும் அவருடைய ஜெனரல் பிக்சர்ஸ் படங்கள்.

ஒடேஸாவுக்கு வருகிறேன். ஒடேஸாக்காரர்கள் ஊருக்குள் போவார்கள், சாப்ளினின் 'தி கிட்' போன்ற படங்களைப் போட்டுக் காட்டுவார்கள், பார்த்தவர்களிடம் கையேந்துவார்கள். ஒவ்வொருவரும் கொடுப்பது சிறு தொகை. உண்டியல் குலுக்கிக் கட்சி வளர்த்த மண்ணில் இது புரியாத காரியமல்ல. 1986இல் 'அம்ம அறியான்' முடிந்தது. வேணு ஒளிப்பதிவு, பீனா பால் படத்தொகுப்பு, ஜோய் மாத்யூ நாயகன். டெல்லிக்குக் கிளம்பிய ஒரு இளைஞன் வயநாட்டில் ஒரு பிணத்தைப் பார்க்கிறான். செத்தவன் தபலா வாசிக்கும் ஹரி என்று தெரிகிறது. அவனுடைய தாய்க்குச் சேதி சொல்லக் கொச்சிக்குப் புறப்படுகிறான். வழியில் ஊருக்கு ஊர் நண்பர்கள் சேர்ந்துகொள்ள, ஒருவனாய்க் கிளம்பியது ஒரு கூட்டமாகிறது.

படத்தின் கதை நகரும் விதமும் படத்துக்குப் பணம் திரண்ட விதமும் ஒன்றாயிருப்பதைப் பாருங்கள். வீடு வீடாகப் போவது, ஆள் சேர்ப்பது, தாய்மார்களிடம் பேசுவது. கடைநிலை ஊழியன் முதல் குவாரித் தொழிலாளி வரை படத்துக்குள் வருகிறார்கள். கதையும் ஆவணமும் எங்கே பிரிகின்றன என்று சில இடங்களில் சொல்ல முடியாது. ஒரு முதலாளியின் காசில், ஒரு கால அட்டவணைக்குள், இப்படியொரு படம் வந்திருக்க வழியில்லை. சில காட்சிகள் நீள்கின்றன, சில நடிப்புகள் தட்டையாக இருக்கின்றன. அதை மறைக்க வேண்டாம். ஆனால் நக்ஸல் காலத்து இளைஞர்களின் சாவை ஒரு தாயிடம் கணக்குக் கொடுக்கவேண்டிய விஷயமாகப் பார்த்த படம் இந்தியாவில் வேறு எனக்குத் தெரியாது.

'முகாமுக'த்தை இதன் பக்கத்தில் வைக்கலாம். ஓட்டுத் தொழிற்சாலைத் தொழிலாளர்களைத் திரட்டிய ஸ்ரீதரன், முதலாளி கொலையானதும் தலைமறைவாகிறான். இறந்துவிட்டதாக எண்ணி நினைவிடம் எழுப்பியபின், கட்சி பிளந்துபோன காலத்தில் திரும்பி வருகிறான். வந்தவன் பேசுவதில்லை. தூங்குகிறான், குடிக்கிறான். தொண்டர்களால் அதைத் தாங்கமுடியவில்லை. மறுபடி அவன் இறந்த பிறகுதான் தலைவனாகிறான். கேரளத்தின் இடதுசாரிகள் கோபப்பட்டார்கள். ஆனால் படம் நிதானமானது. ஒவ்வொரு சட்டகமும் ஒழுங்கானது. மங்கடை ரவிவர்மாவின் ஒளிப்பதிவு எதையும் அவசரப்படுத்துவதில்லை. அந்த நிதானத்துக்குப் பின்னால் அடுத்த வாரக் கூலிக்குக் கவலைப்படவேண்டாத ஒரு படப்பிடிப்பு இருக்கிறது. கட்சிக்கும் கூட்டத்துக்கும் கடன்படாதவர் என்பதால்தான் கூட்டம் கேட்க விரும்பாததை அவரால் சொல்ல முடிந்தது. மக்கள் காசில் எடுத்த படம் மக்களைக் கடிந்து பேசலாமா, பேசினால் அடுத்த ஊரில் காசு விழுமா? ஜானின் முறைக்குள் இருக்கும் கடினமான கேள்வி இது. 'அம்ம அறியான்' அதைத் தாயின் முகத்தை முன்னால் வைத்துக் கடந்தது. ஒவ்வொரு படத்திலும் அப்படிக் கடக்க முடியுமா என்பது சந்தேகம்.

இருவருக்கும் உள்ள ஒற்றுமை பலர் கவனிக்காதது: இரண்டு பேருமே படம் எடுப்பதற்கு முன் படம் காட்டினார்கள். ஒருவர் சங்க உறுப்பினர்களுக்கு, மற்றவர் தெருவில் நிற்பவர்களுக்கு. சங்க உறுப்பினர் சந்தா கட்டி ரசிகரானார். தெருவில் நின்றவர் காசு போட்டுப் படத்துக்கு உரிமையாளரானார். காட்டுவது யார், பார்ப்பது யார் என்ற கேள்வியில் ஜான் அடூரைவிட வெகுதூரம் போனார் என்பது என் தீர்மானம். படத்தை விற்பதேயில்லை, எடுத்துப்போய்க் காட்டுவதுதான் என்ற முடிவுக்கு வர அசாத்தியத் துணிச்சல் வேண்டும்.

அடுத்த படம் என்ற கேள்வியில் கணக்கு மாறுகிறது. அடூர் 1972 முதல் 2016 வரை 44 ஆண்டுகளில் எடுத்த கதைப்படங்கள் 12. எண்ணிக்கை குறைவுதான். ஆனால் ஒன்று மாற்றி ஒன்றாகப் பணத்துக்கு வழி கண்டுபிடித்துக்கொண்டே இருந்தார்: கூட்டுறவு, அரசுக் கடன், ஒரு முந்திரி வியாபாரி. 'மதிலுக'ளுக்கு அவரே தயாரிப்பாளர். 'கதாபுருஷ'னுக்கு ஜப்பானிய ஒலிபரப்பு நிறுவனமான என்.எச்.கே. கூட்டாளி. 'நாலு பெண்ணுங்க'ளுக்குத் தூர்தர்ஷன். ஒரு வழி அடைபட்டால் இன்னொன்றைத் திறக்கும் பொறுமையைக் கலைஞனின் குணமாக நாம் எண்ணுவதில்லை. சுயேச்சையாகப் படம் எடுப்பவனுக்கு அதுதான் முதல் குணம்.

ஜான் எடுத்தது நான்கு. 1987 மே 31 அன்று கோழிக்கோட்டில் ஒரு கட்டடத்திலிருந்து விழுந்து இறந்தபோது அவருக்கு 49 வயது. ஒடேஸா அவரோடு முடிந்துவிடவில்லை, அதைச் சேர்ந்தவர்கள் ஆவணப்படங்கள் எடுத்தார்கள், திரையிடல்கள் நடத்தினார்கள். ஆனால் இரண்டாவது கதைப்படம் வரவில்லை. இதற்கு ஜானின் சாவை மட்டும் காரணமாக்குவது போதாது என்றே படுகிறது. ஒடேஸா மக்களைத் திரட்டியது, மக்கள் நம்பியது ஜான் என்ற ஒரு மனிதரை. சித்ரலேகா போலப் பதிவேடும் பங்கும் நிர்வாகமும் கொண்ட உடம்பு அதற்கு இருந்திருந்தால், அவர் போன பிறகும் இன்னொரு இளைஞர் அதே உண்டியலைத் தூக்கியிருப்பார்.

அந்த உண்டியல் கேரளத்தில் பிறகும் குலுங்கியது. 2014இல் சனல் குமார் சசிதரன் முகநூல் வழியாகப் பலரிடம் சிறு தொகைகள் திரட்டி 'ஒராள்ப்பொக்கம்' எடுத்தார். அதை வண்டியில் வைத்து ஊர் ஊராகக் கொண்டுபோய்க் காட்டினார். தமிழில் லீனா மணிமேகலை 'மாடத்தி'க்கு இப்படித்தான் பணம் சேர்த்தார். நம் ஊரில் இப்போது இந்த வழியில் இறங்கும் இளைஞர்கள் ஜானின் படத்தை மனப்பாடமாகச் சொல்கிறார்கள். சித்ரலேகாவின் விதிமுறைகளையும் 'சுயம்வர'த்தின் வரவு செலவையும் அவர்கள் தேடிப் படிக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறேன். கூட்டுறவுச் சங்கச் சட்டத்தில் பதிவு செய்து, நூறு பேரைப் பங்குதாரர்களாக்கி, இரண்டாவது படத்துக்கான பணத்தை முதல் படத்தின் கணக்கிலேயே ஒதுக்கிவைக்கும் ஒரு ஒடேஸா தமிழ்நாட்டில் இன்னும் தொடங்கப்படவில்லை.