வமிசாவழி என்னும் அமானிதம்

தம் முன்னோர் யாவர் என்றறிய விழைவது மனித இயல்பு. அதனை ஒரு கலையாகவே வளர்த்த பெருமை அரபு மக்களுக்குண்டு. 'இல்முல் அன்ஸாப்' என்பது அக்கலையின் பெயர். குறைஷியரின் கிளைகளை நன்கறிந்தவர்களென்று ஹஸ்ரத் அபூபக்கர் (ரலி) அவர்கள் புகழ் பெற்றிருந்தார்கள். கலீஃபா உமர் (ரலி) அவர்கள் தமது ஆட்சியில் (634–644) மானியப் பதிவேடாகிய 'தீவானை' ஏற்படுத்தியபோது, அதனை வரையும் பணியை அகீல், மக்ரமா, ஜுபைர் இப்னு முத்இம் என்னும் வமிசாவழி வல்லுநர் மூவரிடம் ஒப்படைத்தார்கள். குலப்பெருமை பேசுதற்கன்று, உரியவர்க்கு உரிய பங்கு சேர்தற்கே அவ்வேடு எழுந்தது.

இத்துறையில் பெருநூல் யாத்தவர் குர்துபா நகரத்து இப்னு ஹஸ்ம் (994–1064). தம் குடும்பம் பாரசீக வழியினது என்றார் அவர். சமகால வரலாற்றாசிரியர் இப்னு ஹய்யானோ அதனை மறுத்து, ஸ்பெயின் மண்ணின் கிறிஸ்தவக் குடியிலிருந்து வந்தவரே அவர் என்றார். பிறர் வமிசத்தை ஆய்ந்தவரின் வமிசமே வழக்குக்குள்ளாயிற்று! 1377இல் 'முகத்திமா'வை எழுதிய இப்னு கல்தூன், வமிசம் என்பது பெரிதும் மனிதர் எண்ணத்தில் வாழ்வது என்றும், உறவைப் பிணைப்பதே அதன் பயன் என்றும் தெளிவுபடுத்தினார்.

இன்று ஏட்டின் இடத்தை எச்சிற்குப்பி பிடித்துள்ளது. 2006இல் அமெரிக்காவில் தோன்றிய '23அண்ட்மீ' நிறுவனம், மறு ஆண்டே 999 டாலருக்கு மரபணுப் பரிசோதனையை விற்கத் தொடங்கியது. உமிழ்நீரிலுள்ள மரபணுவின் பல இலட்சம் புள்ளிகளைப் படித்து, இன்று வாழும் பல்வேறு மக்களின் மாதிரிகளோடு ஒப்பிடுவதே இதன் முறை. எனவே 'இந்நாட்டு வழி இத்தனை விழுக்காடு' என்பது மதிப்பீடேயன்றித் தீர்ப்பன்று; மாதிரிகள் பெருகினால் விழுக்காடும் மாறும். உடல்நலச் செய்தியும் இத்தகையதே. மார்பகப் புற்றுநோய்க்கு ஏதுவான மரபணு மாற்றங்கள் ஆயிரத்துக்கும் மேற்பட்டவை. 2018இல் இந்நிறுவனம் அனுமதி பெற்றதோ, அஷ்கெனாசி யூதரிடையே மிகுதியாகக் காணப்படும் மூன்றனுக்கு மட்டுமே. அம்மூன்றும் இல்லையென்பதால் அச்சமில்லை என்று எவரும் இருந்துவிட இயலாது.

இவற்றினும் பெரிதாக நமக்குத் தோன்றுவது பிறிதொன்று. அதே 2018இல் கலிஃபோர்னியாவில் பழைய கொலையாளி ஒருவன் பிடிபட்டான். அவன் எந்தக் குப்பியிலும் உமிழ்ந்தவனல்லன். தூரத்து உறவினரின் மரபணுப் பதிவுகளே அவனைக் காட்டிக்கொடுத்தன. கொடியவன் அகப்பட்டது நன்றே. ஆயினும் குற்றமற்றோரின் மறைபொருளும் அவ்வழியே வெளிப்படக்கூடுமன்றோ? 2023இல் 23அண்ட்மீயிடமிருந்து ஏறத்தாழ 69 இலட்சம் பேரின் விவரங்கள் திருடப்பட்டன. 2025 மார்ச்சில் அது திவாலாகி நீதிமன்றத்தை நாடியபோது, ஒன்றரைக் கோடி மக்களின் மரபணுச் செல்வமும் ஏலப்பொருளாயிற்று. ஜூலையில், அதன் நிறுவனர்களுள் ஒருவரின் தலைமையிலுள்ள இலாப நோக்கற்ற அமைப்பொன்று 30.5 கோடி டாலருக்கு அதனை வாங்கிக்கொண்டது.

குலங்களும் கோத்திரங்களும் ஒருவரையொருவர் அறிந்துகொள்ளவே என்பது திருமறையின் போதனை. ஒருவர் உமிழும் நீரில் உடன்பிறந்தாரின் இரகசியமும் உண்டு; இனிப் பிறக்கவிருக்கும் பேரக்குழந்தையின் இரகசியமும் உண்டு. ஆகவே வமிசம் தனியொருவரின் உடைமையன்று. குடும்பம் முழுமைக்கும் உரிய அமானிதம். அமானிதத்தை விலைபேசுமுன் உரியவர்களைக் கேட்பதே முறை என நாம் கருதுகிறோம்.