சோல்பரிப் பிரபு: ஒரு பாரிஸ்டரும் அவர் விட்டுச்சென்ற காவலும்

க.பொ.த. உயர்தர வகுப்பில் வரலாறு படிக்கும் பிள்ளைகளிடம் சோல்பரி என்றால் என்ன என்று கேட்டுப் பாருங்கள். "அது ஒரு யாப்பு சேர்" என்று பதில் வரும். அந்தப் பெயருக்குப் பின்னால் ஒரு மனிதர் இருந்தார் என்பது பெரியவர்களான நம்மில் பலருக்கே மறந்துவிட்டது. ஆனால் அவருடைய ஆணைக்குழு சிபாரிசு செய்த காவலை நம்பித்தான் நமது முன்னோர் சுதந்திர இலங்கைக்குள் காலடி வைத்தார்கள். அந்த வகையில் அவர் கதை நமது கதையும்தான்.

இயற்பெயர் ஹெர்வால்ட் ராம்ஸ்பொதம். 1887 ஆம் ஆண்டு பிறந்தவர். ஒக்ஸ்போர்டில் படித்து, 1911 இல் லிங்கன்ஸ் இன்னில் பாரிஸ்டரானார். முதலாம் உலகப்போரில் படையில் சேவை செய்து பதக்கம் பெற்றார். 1929 இல் கன்சர்வேடிவ் கட்சியின் சார்பில் லங்காஸ்டர் தொகுதியிலிருந்து பாராளுமன்றம் போனார். ஓய்வூதிய அமைச்சர் பதவியிலும் பின்னர் பொதுப்பணிகள் பொறுப்பிலும் இருந்துவிட்டு, 1940 இல் கல்விச் சபையின் தலைவரானார். இங்கிலாந்தின் பிரபலமான 1944 கல்விச் சட்டத்துக்கான ஆரம்ப வரைவு வேலை அவர் காலத்தில்தான் தொடங்கியது. பெயர் வாங்கியது அவருக்குப் பின் வந்த பட்லர். 1941 இல் பதவி கைமாறியபோது இவருக்குப் பிரபுப் பட்டம் கிடைத்தது. பக்கிங்ஹாம்ஷயரில் உள்ள சோல்பரி என்ற ஊரின் பெயரைப் பட்டத்துக்கு எடுத்துக்கொண்டார். ஆசிரியர்களின் சம்பளத்தைத் தீர்மானிக்கும் பேர்ன்ஹாம் குழுவுக்கும் சில வருடங்கள் தலைமை தாங்கினார். ஆசிரியன் என்ற வகையில் இதை எழுதாமல் விட எனக்கு மனம் வரவில்லை.

சரி, நமது நாட்டுக்கு வருவோம். 1944 இல் பிரித்தானிய அரசு இலங்கையின் யாப்புச் சீர்திருத்தத்துக்காக அவர் தலைமையில் ஓர் ஆணைக்குழுவை நியமித்தது. மற்ற இரு உறுப்பினர்கள் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ரீஸும் ரயில்வே தொழிற்சங்கத் தலைவர் பரோஸும். 1944 டிசம்பரில் வந்தவர்கள் 1945 ஏப்ரல் வரை இங்கே தங்கினார்கள். டி.எஸ். சேனாநாயக்கவும் மற்ற அமைச்சர்களும் வெளியில் பகிஷ்கரிப்பு என்றார்கள். உள்ளுக்குள் உபசாரத்துக்குக் குறைவில்லை. ஜீ.ஜீ. பொன்னம்பலம் ஐம்பதுக்கு ஐம்பது கேட்டார். ஆணைக்குழு அதை ஏற்கவில்லை.

அதற்குப் பதிலாகச் சிறுபான்மையினருக்கு இரண்டு காவல்கள் கிடைத்தன. இரண்டுமே பெருமளவுக்கு அமைச்சர்களின் 1944 வரைவிலிருந்து வந்தவை. ஒன்று தொகுதி நிர்ணயம். 75,000 பேருக்கு ஓர் ஆசனம் என்பதோடு, 1,000 சதுர மைலுக்கு மேலும் ஓர் ஆசனம். சனம் குறைவாகவும் நிலம் விரிவாகவும் இருந்த கிழக்குக்கு இது கைகொடுத்தது. பல அங்கத்தவர் தொகுதி முறையும் இருந்தது. 1947 தேர்தலில் கல்முனையில் எம்.எஸ். காரியப்பரும், மூன்று ஆசனங்கள் கொண்ட மத்திய கொழும்பில் டி.பீ. ஜாயாவும் வெல்ல முடிந்ததற்கு இந்த ஏற்பாடுகளும் காரணம். மற்றது 29(2) ஆம் பிரிவு. ஒரு சமூகத்துக்கோ மதத்துக்கோ மட்டும் பாதகமாகச் சட்டம் இயற்றக்கூடாது என்று அது பாராளுமன்றத்துக்குக் கடிவாளம் போட்டது.

1945 நவம்பரில் அரசாங்க சபை இந்த ஏற்பாட்டை 51 இற்கு 3 என்ற வாக்குகளால் ஏற்றது. சுதந்திரம் என்று வரும்போது முஸ்லிம்கள் குறுக்கே நிற்கமாட்டார்கள் என்பதே மர்ஹூம் ஜாயாவின் நிலைப்பாடு. பேரம் பேசாத பெருந்தன்மை என்று அதை நாம் மேடைகளில் பாராட்டுகிறோம். பாராட்டத்தான் வேண்டும். ஆனால் நம்பிக் கையேற்ற காவல் எவ்வளவு உறுதியானது என்பதையும் பார்க்க வேண்டாமா?

சோதனை உடனேயே வந்தது. 1948 குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரை நாடற்றவராக்கியது. இந்திய வம்சாவளி முஸ்லிம்களும் அதில் அகப்பட்டார்கள். அப்போது ஜாயா அமைச்சரவையில் இருந்தார். விவகாரம் பிரிவிக் கவுன்சில் வரை போனது. 1953 இல் அந்தச் சட்டம் 29(2) ஐ மீறவில்லை என்று தீர்ப்பு வந்தது. அந்த நேரம் சோல்பரிப் பிரபு கொழும்பில் மகாதேசாதிபதியாக இருந்தார். 1949 முதல் 1954 வரை அவர் வகித்த பதவி அது. தன் ஆணைக்குழு நட்ட வேலிக்குள்ளால் மாடு புகுந்ததை அவர் இங்கிருந்தே கண்டார். 1956 இல் சிங்களம் மட்டும் சட்டம் வந்தபோது அவர் ஊர் திரும்பியிருந்தார்.

1963 இல் பி.எச். ஃபாமர் இலங்கையின் இனப்பிளவைப் பற்றி எழுதிய நூலுக்கு சோல்பரி முன்னுரை கொடுத்தார். பிற்பாடு நடந்தவற்றைப் பார்க்கும்போது, இந்திய யாப்பில் உள்ளதுபோல அடிப்படை உரிமைகளுக்கு உத்தரவாதம் தரும் ஏற்பாட்டைத் தமது ஆணைக்குழு சிபாரிசு செய்யாமல் விட்டது வருந்தத்தக்கது என்ற கருத்தை அதில் வெளிப்படையாக எழுதினார். பதவியும் பட்டமும் பெற்ற ஒருவர் இப்படி அச்சில் ஒப்புக்கொள்வது லேசான காரியமல்ல.

1971 ஜனவரியில் அவர் காலமானார். அதே ஆண்டில் அவர் சிபாரிசு செய்த செனற் சபை ஒழிக்கப்பட்டது. 1972 குடியரசு யாப்போடு 29(2) உம் போனது.

அவர் கேட்க மறந்த அடிப்படை உரிமைகள் 1978 யாப்பில் விரிவாகவே இருக்கின்றன. 126 ஆம் உறுப்புரையின்படி பாதிக்கப்பட்டவர் நேரே உயர் நீதிமன்றம் போகலாம். ஆனால் 2020 இல் கொவிட் ஜனாஸாக்களைக் கட்டாயமாக எரித்ததை எதிர்த்து நாம் அங்கே போனோம். டிசம்பர் 1 ஆம் திகதி, மேற்கொண்டு விசாரிப்பதற்கான அனுமதியே மறுக்கப்பட்டது. அடக்கம் செய்யும் உரிமை 2021 பெப்ரவரியில் திரும்பக் கிடைத்தது. அதற்குப் பின்னால் இருந்தது நீதிமன்றத் தீர்ப்பல்ல. மாதக்கணக்கான போராட்டமும், சகோதர சமூகங்களின் குரலும், வெளிநாட்டு அழுத்தமுமே.

ஆகவே சோல்பரியின் வருத்தம் நியாயமானது என்றாலும், அது பாதி உண்மைதான் என்பது என் அபிப்பிராயம். 29(2) இருந்த காலத்தில் மலையக மக்கள் தனித்து நின்றார்கள். அவர்களுக்காக நாம் போதுமான அளவு பேசவில்லை. புதிய யாப்பு பற்றிய பேச்சு மறுபடியும் எழும்போது, நமது பிரேரணைகளில் முஸ்லிம்களுக்கு என்ன வேண்டும் என்று எழுதுவதோடு நிறுத்திவிடாமல், மற்றச் சமூகத்தவரின் உரிமைக்காக எந்த வாசகத்தைக் கேட்கப்போகிறோம் என்பதையும் சேர்த்து எழுத வேண்டும்.