அசலுக்கு மேல் வட்டி: ஒரு கல்கத்தா கணக்கு

2024 மழைக்காலம். எங்கள் கிளையில் வெளியே முழங்கால் தண்ணீர், உள்ளே நாலே நாலு வாடிக்கையாளர். அதில் ஒருவர் வீட்டு லோனை முடித்துவிட்டுப் பத்திரத்தை வாங்கிப்போக வந்திருந்தார். ரிட்டயர்டு ஸ்கூல் வாத்தியார். பேஹாலா பக்கம் இரண்டு ரூம் ஃப்ளாட். பத்திரத்தைக் கையில் கொடுத்ததும் கண்ணில் ஒற்றிக்கொண்டு பையில் வைத்தார். எழுந்திருக்கப் போனவர் மறுபடி உட்கார்ந்து கேட்டார்.

"ஆச்சா, மோட் கொதோ திலாம்?"

மொத்தம் எவ்வளவு கொடுத்தேன்?

இத்தனை வருஷ சர்வீஸில் "வட்டி எவ்வளவு" என்று கேட்டவர்கள் ஆயிரம் பேர். "தவணை எவ்வளவு" என்று கேட்காதவரே கிடையாது. ஆனால் மொத்தம் எவ்வளவு என்று ஒருவரும் கேட்டதில்லை. கம்ப்யூட்டரில் கூட்டிப் பார்த்தேன். 2004இல் வாங்கியது 8 லட்சம். 7.5% மாறும் வட்டி, 15 வருஷம், மாதம் 7,416 ரூபாய். 180 தவணையில் முடிந்திருக்க வேண்டியது 240 தவணை ஓடியிருக்கிறது. 17 லட்சத்து 79 ஆயிரத்து 840 ரூபாய்.

அவர் ஒன்றும் சொல்லவில்லை. "பாபா!" என்று மட்டும் சொல்லிச் சிரித்துவிட்டு, குடையை எடுத்துக்கொண்டு தண்ணீரில் இறங்கிப் போய்விட்டார். எனக்குத்தான் அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. காரணத்தைக் கடைசியில் சொல்கிறேன். முதலில் கொஞ்சம் சரித்திரம், ஏனென்றால் இந்தக் கேள்வியை இதே ஊரில் சட்டமே ஒரு காலத்தில் கேட்டிருக்கிறது.

கொசுவத்தியைக் கொஞ்சம் பெரிதாகவே சுற்றுவோம்.

இரட்டிப்புக்கு மேல் கூடாது

பழைய இந்து சட்டத்தில் 'தாம்துபட்' என்று ஒரு விதி உண்டு. ஒரு சமயத்தில் வசூலிக்கும் வட்டி பாக்கி, அசலைத் தாண்டக்கூடாது. 100 ரூபாய் கடனுக்கு வட்டி ஏறி ஏறி 100 ஆகிவிட்டால் மீட்டர் அங்கேயே நின்றுவிடும். மனு ஸ்மிருதியிலேயே இந்தக் கருத்து இருக்கிறது. கம்பெனி ஆட்சியும் 1793இல் வங்காளத்தில் வட்டிக்கு 12% என்று ஒரு வரம்பு வைத்தது. 1855இல் வட்டி வரம்புச் சட்டங்களை மொத்தமாக ரத்து செய்தார்கள். அவரவர் பேசிக்கொண்ட வட்டி அவரவர்க்கு.

ஆனால் தாம்துபட் சாகவில்லை. பம்பாய் மாகாணத்திலும், கல்கத்தா நகரத்துக்குள்ளும் இந்துக் கடனாளிகளுக்குக் கோர்ட் இதைத் தொடர்ந்து ஒத்துக்கொண்டது. நம் மதராஸில் இல்லை! வட்டிக்குக் கடன் கொடுப்பதில் நம்மவர்கள் கெட்டிக்காரர்கள் என்பது வேறு கதை.

இன்னொரு கல்கத்தா சமாச்சாரம். பேங்கில் பத்திரத்தை வைத்து லோன் வாங்குகிறோமே, அதற்கும் இந்த ஊருக்கும் பழைய சொந்தம். அடமானம் என்றால் பொதுவாகப் பத்திரம் எழுதி, சாட்சி வைத்து, ரிஜிஸ்டர் செய்ய வேண்டும். 1882இன் சொத்து மாற்றுச் சட்டம் கல்கத்தா, மதராஸ், பம்பாய் போன்ற வியாபார நகரங்களுக்கு மட்டும் ஒரு சலுகை கொடுத்தது. மூலப் பத்திரத்தைக் கடன் கொடுப்பவர் கையில் கொடுத்தாலே போதும், அடமானம் ஆகிவிட்டது. வியாபாரிக்கு அவசரத்துக்குப் பணம் வேண்டுமே! சொத்து எந்த ஊரில் இருந்தாலும் பரவாயில்லை, பத்திரத்தை ஒப்படைக்கும் இடம்தான் இந்த நகரங்களில் ஒன்றாக இருக்க வேண்டும். பிறகு அரசாங்கங்கள் மற்ற ஊர்களையும் அறிவித்துச் சேர்த்துக்கொண்டே போயின. இன்றைக்கும் வீட்டு லோனில் பெரும்பாலும் நடப்பது இதுதான். சட்டத்தில் 58(எஃப்) பிரிவு. முதலில் வரும் பெயர் கல்கத்தா.

வேடிக்கை என்னவென்றால், அந்தக் காலத்துப் பெரிய பேங்க் எதுவும் இப்படி வீட்டுக்குக் கடன் கொடுக்கவில்லை. ஸ்ட்ராண்ட் ரோட்டில் இருந்த பேங்க் ஆஃப் பெங்கால், அசையாச் சொத்தின் மேல் கடன் கொடுக்கவே கூடாது, ஆறு மாதத்துக்கு மேல் கடனே கூடாது என்று 1876 சட்டம் கட்டிப்போட்டிருந்தது. ஆகவே வீட்டுக்காரனுக்குக் கிடைத்தது மகாஜன்தான். அதாவது லேவாதேவிக்காரர்.

1940: ஹக் சாஹிபின் சட்டம்

1930களின் மந்தத்தில் விளைபொருள் விலை விழுந்தது. வங்காளமே கடனில் முழுகியது. ஏ. கே. ஃபஸ்லுல் ஹக் பிரதமராக இருந்தபோது (அப்போது மாகாணத்துக்கே பிரதமர்தான்) 1940இல் வங்காள லேவாதேவிச் சட்டம் வந்தது. அதன் 30ஆம் பிரிவு மூன்று விஷயம் சொன்னது.

ஒன்று: ஏற்கெனவே கட்டியதையும் சேர்த்து, அசலும் வட்டியுமாக மொத்தம் வாங்கிய கடனைப் போல் இரண்டு மடங்கைத் தாண்டக்கூடாது.

இரண்டு: வட்டி பாக்கி, மீதமுள்ள அசலைத் தாண்டக்கூடாது. இது நம் பழைய தாம்துபட்.

மூன்று: அடமானக் கடனுக்கு 8%, அடமானம் இல்லாததற்கு 10%. அதற்கு மேல் வட்டி இல்லை, அதுவும் தனி வட்டி.

முதல் விஷயத்தைக் கவனியுங்கள். தாம்துபட் பாக்கியை மட்டும்தான் பார்க்கும். ஒழுங்காக வட்டி கட்டிக்கொண்டே இருப்பவன் மொத்தத்தில் மூன்று மடங்கு கட்டினாலும் அது கேட்காது. 1940 சட்டம் கட்டி முடித்ததையும் கணக்கில் எடுத்தது. எங்கள் வாத்தியார் கேட்ட அதே கேள்வி: மோட் கொதோ?

சும்மா விட்டார்களா? குல்னாவில் இருந்த ஒரு பேங்க், மாகாண அரசுக்கு இந்த அதிகாரமே கிடையாது, புரோநோட்டும் பேங்கிங்கும் மத்திய அரசு விஷயம் என்று லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. 1947இல் தீர்ப்பு. சட்டத்தின் சாரம் லேவாதேவி, புரோநோட்டை அது தொடுவது தற்செயல், ஆகவே சட்டம் செல்லும் என்றார்கள். சட்டக் கல்லூரி மாணவர்கள் இன்றும் படிக்கிற கேஸ் இது. அவர்களுக்கு அது அரசியல் சாசனப் பாடம். எனக்கோ அது வட்டிப் பாடம்.

8% என்கிற அதிசயம்

இப்போது பி.காம் படித்ததற்கு ஒரு பிரயோஜனம். 10 லட்சம், 20 வருஷம், 8% என்று ஒரு வீட்டு லோன் வைத்துக்கொள்வோம். மாதத் தவணை 8,364 ரூபாய். 240 மாதத்துக்குக் கூட்டினால் 20 லட்சத்து 7 ஆயிரம்.

அதாவது ஏறக்குறைய கச்சிதமாக இரண்டு மடங்கு! ஹக் சாஹிபின் 8 சதவீதத்தில், இன்றைய 20 வருஷ லோன், அவர் சட்டத்தின் இரட்டிப்புக் கோட்டை ஒரு நூலளவு தாண்டி நிற்கிறது. 9% என்றால் 21.6 லட்சம்.

இதில் கோர்ட்டுக்குப் போக முடியாது. வட்டி அதிகம் என்ற காரணத்துக்காக பேங்க் கடனைக் கோர்ட் திறந்து பார்க்கக்கூடாது என்று பேங்கிங் ஒழுங்குமுறைச் சட்டத்தில் 21ஏ பிரிவு 1984 முதல் இருக்கிறது. அதில் நியாயமும் உண்டு. 20 வருஷத்துக்கு டெபாசிட்காரருக்கு வட்டி கொடுத்துத்தான் பேங்க் அந்தப் பணத்தை வைத்திருக்கிறது. இருபதாம் வருஷத்து 8,364 ரூபாய்க்கு இன்றைய மதிப்பும் கிடையாது. வாடகையும் மிச்சம். ஆகவே கூடுதல் 10 லட்சமும் நஷ்டம் என்று சொன்னால் என் பட்டத்தைப் பிடுங்கிவிடுவார்கள்.

சொல்ல வருவது வேறு. அந்த லோனின் முதல் தவணையில் வட்டி 6,667, அசலுக்கு 1,697 மட்டும். ஐந்து வருஷம் கட்டி முடித்தால் 5 லட்சம் கட்டியிருப்பீர்கள், குறைந்த அசல் 1.25 லட்சம்தான். பாதி அசல் கழிவது பதினாலாவது வருஷத்தில். மொத்தக் கணக்கைப் பார்த்தவனுக்குத்தான், ஆரம்ப வருஷங்களில் கட்டும் ஒரு ரூபாய்க்கு எவ்வளவு பலம் என்று தெரியும்.

வாங்குவது சுலபமானது

1977இல் ஐ.சி.ஐ.சி.ஐ.யிலிருந்து ஓய்வு பெற்ற எச். டி. பாரேக், 66 வயதில், பம்பாயில் எச்.டி.எஃப்.சி.யை ஆரம்பித்தார். அதற்கு முன் நடுத்தர வர்க்கத்துக்கு வீடு என்றால் பி.எஃப்., கிராஜுவிட்டி, மனைவியின் நகை. வீட்டுக்குள் குடிபோகும்போது தலை நரைத்திருக்கும். முப்பது வயதில் வீடு என்பதை சாத்தியமாக்கியது இந்த லோன்தான். 2000க்குப் பிறகு பேங்குகள் மொத்தமாகக் குதித்தன.

கூடவே மாறும் வட்டியும் வந்தது. இங்கேதான் சூட்சுமம். வட்டி ஏறினால் தவணையை ஏற்றாமல் காலத்தை நீட்டுவது வழக்கம். வாடிக்கையாளருக்கு வலிக்காது. மேலே சொன்ன அதே லோனில் ஆரம்பத்திலேயே வட்டி 8இலிருந்து 9 ஆகி, தவணை அதே 8,364 என்றால் 240 மாதம் 304 ஆகும். 9.5% என்றால் 371 மாதம், அதாவது 31 வருஷம்; கட்டுவது மூன்று மடங்கு. 10% என்றால் 56 வருஷம்! பேரன்தான் பத்திரம் வாங்க வர வேண்டும்.

இது கற்பனை இல்லை. 2022 மேயிலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் பேங்க் ரெப்போ வட்டியை 4இலிருந்து 6.5 சதவீதத்துக்கு ஏற்றியபோது எத்தனையோ பேரின் லோன் அவர்களுக்கே தெரியாமல் நீண்டது.

வட்டியை எதை வைத்து நிர்ணயிப்பது என்ற அளவுகோலும் மாறிக்கொண்டே வந்தது. 2003இல் பி.பி.எல்.ஆர்., 2010இல் பேஸ் ரேட், 2016இல் எம்.சி.எல்.ஆர்., 2019 அக்டோபரில் ரெப்போ போன்ற வெளி அளவுகோல். ஒவ்வொன்றும் முந்தியதில் வெளிப்படைத்தன்மை போதவில்லை என்றுதான் வந்தது. வட்டி ஏறினால் உடனே ஏறும், இறங்கினால் ஆடி அசைந்து வரும் என்பது ஊரறிந்த புகார். ஆனால் புதிய முறை புது லோன்களுக்குத்தான் தானாக வரும். பழைய லோன்காரர் தானாக எழுதிக் கொடுத்து, கட்டணம் கேட்டால் கட்டி, மாறிக்கொள்ள வேண்டும். தெரிந்தவன் மாறினான்.

தூக்கம் வராத காரணம்

வாத்தியாரின் ஃபைலை மறுநாள் எடுத்துப் பார்த்தேன். 2021 வரை பி.பி.எல்.ஆரிலேயே இருந்திருக்கிறார். மூன்று தடவை மாறியிருக்கலாம். ஒரு வெள்ளைத்தாள் விண்ணப்பம், ஒரு சின்னக் கட்டணம். அவருக்குத் தெரியாது. எங்கள் ஆட்களுக்குத் தெரியும். 2021க்கு முன்னால் அந்த ஃபைல் என் மேஜையிலும் இரண்டு தடவை வந்து போயிருக்கிறது, என் இனிஷியல் இருக்கிறது. வேறு ஏதோ சர்டிபிகேட்டுக்காக வந்தவரிடம், "மாஷ்டர்மோஷாய், இதை மாற்றிக்கொள்ளுங்கள்" என்று சொல்ல ஒரு நிமிஷம் ஆகியிருக்குமா? சொல்லக்கூடாது என்று யாரும் தடுக்கவில்லை. சொல்லு என்றும் யாரும் சொல்லவில்லை. கூடுதலாகப் போன 60 தவணை 4 லட்சத்து 45 ஆயிரம். அதில் எவ்வளவு தவிர்த்திருக்கலாம் என்று கணக்குப் போட ஆரம்பித்து, பாதியில் நிறுத்திவிட்டேன்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் பேங்க் ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா என்று வாடிக்கையாளரைக் கேட்க வேண்டும். வட்டிகூடக் கட்டிவராத அளவுக்கு லோனை நீட்டக்கூடாது. முக்கியமாக, ஒவ்வொரு காலாண்டும் இதுவரை வசூலித்த அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, மீதித் தவணை எத்தனை என்று கணக்கு கொடுக்க வேண்டும். வாத்தியாரின் கேள்விக்குக் கேட்காமலே பதில் சொல்லவேண்டிய கட்டாயம், அவர் லோன் முடிய ஒரு வருஷம் இருக்கும்போது வந்தது.

நீங்கள் லோன் கட்டுபவர் என்றால் மூன்று வேலை செய்யுங்கள். அந்தக் காலாண்டுக் கணக்கைத் திறந்து படியுங்கள். உங்கள் லோன் எந்த அளவுகோலில் இருக்கிறது என்று எழுத்தில் கேளுங்கள். போனஸ் வந்தால் வருஷத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டுங்கள். மேலே சொன்ன 8% லோன் 17 வருஷத்துக்குள் முடியும், சுமார் 1.8 லட்சம் மிச்சம். மாறும் வட்டி லோனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது என்பது பேங்குகளுக்கு 2012இலிருந்தே விதி.

இப்போதெல்லாம் லோன் கேட்டு வருபவர்களுக்கு ஒரு துண்டுக் காகிதத்தில் தவணையை எழுதி, பக்கத்தில் 240ஆல் பெருக்கி எழுதிக் கொடுக்கிறேன். போன பூஜைக்கு முன்னால் ஒரு இளம் ஜோடி வந்தது. அந்தப் பெண் என் கால்குலேட்டரை வாங்கித் தானே ஒருமுறை பெருக்கிப் பார்த்தாள். அன்று கையெழுத்துப் போடவில்லை. எனக்கு ஒரு கேஸ் போச்சு என்று நினைத்தேன். அடுத்த வாரம் வந்து 15 வருஷமாகக் கேட்டார்கள். 10 லட்சத்துக்கு மாதம் 1,200 ரூபாய் கூடுதல், மொத்தத்தில் 2.87 லட்சம் குறைவு.

வாத்தியாரை அப்புறம் ஒருநாள் லேக் மார்க்கெட்டில் பார்த்தேன். நான் முருங்கைக்காய் வாங்கிக்கொண்டிருந்தேன், அவர் மீன் பையோடு வந்தார். விஷயத்தைச் சொல்லிவிட்டேன், இனிஷியல் உட்பட. கொஞ்ச நேரம் பேசாமல் நின்றார். பிறகு, "என் பையன் லோன் வாங்கியிருக்கிறான், அவன் பேப்பரைக் கொண்டு வரச் சொல்கிறேன், பார்த்துச் சொல்லுங்கள்" என்றார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை பையன் வந்தான். எம்.சி.எல்.ஆரில் இருந்தது. விண்ணப்பத்தை நானே எழுதிக் கொடுத்தேன்.

டிஸ்கி: இதெல்லாம் என் சொந்தக் கருத்து. சம்பளம் கொடுப்பவர்களுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை.